என்18.32 என்றால் 32 சதவீதமா? வாசகர் கேள்வி பதில்

போன இதழில் டிஸ்சார்ஜ் சம்மரியை எப்படிப் படிப்பது என்று எழுதியிருந்தேன். அதற்கு வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் கிட்னி பற்றியவை. அவற்றை மட்டும் இந்த முறை எடுத்துக்கொள்கிறேன். பல், மூட்டு, தைராய்டு எல்லாம் அடுத்த மாதம்.

அக்கா, அப்பாவுக்கு 62 வயது. சர்க்கரையும் பிரஷரும் பத்து வருடமாக இருக்கிறது. பெங்களூரில் ஒரு தனியார் மருத்துவமனையில் காட்டினோம். அவர்கள் கொடுத்த பேப்பரின் அடியில் என்18.32 என்று போட்டிருந்தது. எங்கள் தெருவில் ஒருவர் அதைப் பார்த்துவிட்டு, கிட்னி 32 சதவீதம்தான் வேலை செய்கிறது, அடுத்தது டயாலிசிஸ்தான் என்று சொல்லிவிட்டார். அப்பா மூன்று நாளாகச் சரியாகச் சாப்பிடவில்லை. நிஜமா?
(ச., பாலக்கோடு)

இல்லை. முதலில் அப்பாவைச் சாப்பிடச் சொல்லுங்கள்.

உங்கள் நிலத்துப் பட்டாவில் சர்வே எண் 118/3பி என்று இருந்தால் 118 ஏக்கர் இருக்கிறது என்று யாராவது சொல்வார்களா? இதுவும் அப்படித்தான், நோய்களுக்கு எண் கொடுக்கும் ஐசிடி-10 என்ற பட்டியலில் உள்ள ஒரு எண். என் (N) என்ற ஆங்கில எழுத்து சிறுநீரகம், சிறுநீர்ப்பை, இனப்பெருக்க உறுப்பு நோய்கள் உள்ள அத்தியாயத்தைக் குறிக்கிறது. 18 என்றால் நாள்பட்ட சிறுநீரக நோய், அதாவது சிகேடி. புள்ளிக்குப் பின்னால் வரும் 3 மூன்றாம் நிலை. கடைசி 2 அந்த மூன்றாம் நிலையின் உட்பிரிவு, 3பி என்று சொல்வார்கள். 3ஏ ஆக இருந்திருந்தால் என்18.31 என்று வந்திருக்கும். அவ்வளவுதான், இதில் சதவீதம் எங்கேயும் இல்லை.

உங்கள் தெருக்காரர் பார்த்திருக்க வேண்டிய எண் லேப் பக்கத்தில் இருக்கிறது. நீங்கள் அனுப்பிய நகலில் கிரியேட்டினின் (சிறுநீரகம் வெளியேற்ற வேண்டிய கழிவு) 1.8, இஜிஎஃப்ஆர் 42 என்று இருக்கிறது. இஜிஎஃப்ஆர் என்பது சிறுநீரகம் ஒரு நிமிடத்தில் எவ்வளவு ரத்தத்தை வடிகட்டுகிறது என்பதற்கான கணிப்பு. 90க்கு மேல் முதல் நிலை, 60 முதல் 89 வரை இரண்டாம் நிலை (இந்த இரண்டுக்கும் சிறுநீரில் புரதம் போவது போல வேறு பாதிப்பின் அடையாளமும் இருக்க வேண்டும், வெறும் 80 என்று வந்துவிட்டால் நோய் இல்லை), 45 முதல் 59 வரை 3ஏ, 30 முதல் 44 வரை 3பி, 15 முதல் 29 வரை நான்காம் நிலை, அதற்கும் கீழே போனால் ஐந்து. அப்பா 3பியில் மேல்பக்கம் இருக்கிறார். டயாலிசிஸ் செய்துகொள்பவர்களுக்கு என்18.6 என்று தனி எண்ணும், கூடவே இசட்99.2 என்று இன்னொன்றும் வரும். அப்பா பேப்பரில் இரண்டுமே இல்லை.

மூன்றாம் நிலையிலேயே வருடக்கணக்காக நிற்பவர்கள் நிறையப் பேர். அப்படி நிற்க வைப்பது பிரஷர், சர்க்கரை, அப்புறம் சிறுநீரில் அல்புமின் என்ற புரதம் எவ்வளவு போகிறது என்பதெல்லாம். அந்த அல்புமின் பரிசோதனை நீங்கள் அனுப்பியதில் இல்லை, அடுத்த முறை டாக்டரிடம் கேளுங்கள். மூட்டுவலிக்கு மெடிக்கல் ஷாப்பில் தானாக வாங்கிப் போடும் வலி மாத்திரை பழக்கம் அப்பாவுக்கு இருந்தால் அதையும் மறைக்காமல் டாக்டரிடம் சொல்லுங்கள்.

ஒரு சின்ன விஷயம். உலக சுகாதார நிறுவனத்தின் ஐசிடி-10ல் மூன்றாம் நிலைக்கு என்18.3 வரைதான் உண்டு. அந்தக் கடைசி இலக்கம் அமெரிக்கப் பதிப்பில் 2020 அக்டோபர் 1 முதல் சேர்த்தது. நீங்கள் போன மருத்துவமனையின் கணினியில் அமெரிக்கப் பட்டியல் ஏற்றியிருக்க வேண்டும். வேறு இடத்தில் வெறும் என்18.3 என்று எழுதினால் நோய் குறைந்துவிட்டது என்று சந்தோஷப்படாதீர்கள், கூடிவிட்டது என்றும் பயப்படாதீர்கள்.

ஓசூரில் ஆறு மாதமாக மெடிக்கல் கோடிங் (மருத்துவக் குறிப்பைப் படித்து நோய்க்குரிய எண்ணைப் போடுவது) வேலை செய்கிறேன். ஒரு சார்ட்டில் (நோயாளியின் கோப்பு) டாக்டர் வெறும் சிகேடி என்று எழுதியிருந்தார். லேப் ரிப்போர்ட்டில் இஜிஎஃப்ஆர் 41. நான் என்18.32 போட்டேன். ஆடிட்டர் எர்ரர் போட்டுவிட்டார், என்18.9 (நிலை குறிப்பிடாத சிகேடி) தான் சரியாம். எண் கண்ணெதிரே இருக்கும்போது அது எப்படித் தப்பாகும்? டீம் லீடரிடம் சண்டை போடலாமா?
(எம்., ஓசூர்)

சண்டை போட்டால் நீங்கள்தான் தோற்பீர்கள் தம்பி. ஆடிட்டர் சொன்னது சரி.

நானும் இதே குழியில் விழுந்தவள்தான். சென்னையில் ஒரு கம்பெனியில் முதல் வருடம், நைட் ஷிஃப்ட், ஒரு நாளைக்கு இத்தனை சார்ட் என்று டார்கெட். எங்களுக்குப் பயிற்சி கொடுத்தவரே "எண்ணைப் பார், நிலையைப் போடு, அடுத்த சார்ட்டுக்குப் போ" என்றுதான் சொல்லிக்கொடுத்தார். ஒரு நாள் பதினான்கு பக்கச் சார்ட் ஒன்று வந்தது. நான்காம் பக்கத்தில் இஜிஎஃப்ஆர் 38, அதற்கு மேலே பழைய ஹிஸ்டரியில் சிகேடி என்று மூன்று எழுத்து. 3பி போட்டு முடித்துவிட்டேன். ஒன்பதாம் பக்கத்தின் கடைசி வரியில், வாந்தி பேதியால் வந்த திடீர் சிறுநீரகப் பாதிப்பு சரியாகிவிட்டது, கிரியேட்டினின் 0.9க்கு இறங்கிவிட்டது என்று டாக்டர் எழுதியிருந்தார். அந்த ஆள் உடம்பில் தண்ணீர் வற்றிப் படுத்திருந்தார், அவ்வளவுதான். நிலையை டாக்டர் எங்கேயும் சொல்லவில்லை, என் கோடு சொன்னது. எர்ரர் எனக்குத்தான் வந்தது, பயிற்சியாளருக்கு இல்லை.

நாள்பட்டது என்று சொல்ல மூன்று மாதத்துக்கு மேல் அந்தப் பாதிப்பு இருந்தாக வேண்டும். ஒரு நாள் எடுத்த 41 அதைச் சொல்லாது. நீங்களோ நானோ நோயாளியைப் பார்த்ததில்லை. டாக்டர் எழுதியதற்குத்தான் கோடு, லேப் எண்ணுக்கு இல்லை. ஆகவே சிகேடி என்று மட்டும் இருந்தால் என்18.9. மூன்றாம் நிலை என்று எழுதி ஏ, பி சொல்லவில்லை என்றால், பக்கத்திலேயே 41 இருந்தாலும் என்18.30 தான். நிலை எண்ணே இல்லாமல் "மாடரேட் சிகேடி" என்று எழுதினாலும் என்18.30, ஏனென்றால் லேசானது என்றால் இரண்டாம் நிலை, மிதமானது என்றால் மூன்று, கடுமையானது என்றால் நான்கு என்று அமெரிக்க வழிகாட்டியே சமன் செய்து வைத்திருக்கிறது. இதை நிறைய ட்ரெயினிகள் தெரியாமல் என்18.9ல் தள்ளிவிடுகிறார்கள்.

அப்படியானால் அந்த 41ஐ என்ன செய்வது? க்வெரி போடுங்கள், அதாவது டாக்டரிடமே விளக்கம் கேளுங்கள். ஆனால் "இவருக்கு 3பி தானே டாக்டர்?" என்று கேட்டால் அது க்வெரி இல்லை, வாயில் வார்த்தையைத் திணிப்பது. இந்தத் தேதியில் இஜிஎஃப்ஆர் இவ்வளவு, நான்கு மாதம் முன்பு இவ்வளவு, குறிப்பில் சிகேடி என்று இருக்கிறது, நிலையைத் தெளிவுபடுத்த முடியுமா என்று கேட்டு, பொருந்தக்கூடிய நிலைகளோடு "வேறு" என்றும் "சொல்ல இயலவில்லை" என்றும் இடம் விட வேண்டும்.

உங்கள் கம்பெனி நிலைக்காக ஏன் இவ்வளவு அலைகிறது என்றும் தெரிந்துகொள்ளுங்கள். நீங்கள் பார்ப்பது அமெரிக்க நோயாளிகளின் சார்ட். அமெரிக்காவில் மெடிகேர் அட்வான்டேஜ் என்ற தனியார் மருத்துவக் காப்பீட்டுத் திட்டங்களுக்கு நோயாளியின் நோய்ச்சுமையைப் பார்த்து அரசு பணம் கொடுக்கிறது. எச்சிசி என்ற அந்த நோய்ச்சுமைக் கணக்கில் மூன்றாம் நிலை ஏறும், என்18.9 ஏறாது. 2024ல் நடைமுறைக்கு வரத் தொடங்கிய வி28 முறையில் 3பிக்குத் தனி வகை 328, மற்ற மூன்றாம் நிலைக்கு 329. எர்ரர் போட்ட ஆடிட்டர் உங்கள் வேலையை மட்டுமல்ல, ஆதாரமில்லாத பணம் கேட்டதாக நாளைக்கு வரக்கூடிய வழக்கையும் சேர்த்துத்தான் காப்பாற்றியிருக்கிறார். இன்னொரு கூத்து, ஒவ்வொரு வருடமும் டாக்டர் நேரில் பார்த்து மறுபடி எழுத வேண்டும். ஜனவரி 1 பிறந்தால் அந்தக் கணக்கில் எல்லார் கிட்னியும் புதுசு.

எனக்கும் என் மனைவிக்கும் ஒரே வயது, 58. இரண்டு பேருக்கும் கிரியேட்டினின் 1.3. எனக்கு ஒன்றுமில்லை என்றும் அவளுக்கு சிகேடி 3ஏ என்றும் எழுதியிருக்கிறார்கள். லேபில் மாறிப்போய்விட்டதா?
(கே., கிருஷ்ணகிரி)

மாறவில்லை சார். கிரியேட்டினின் தசையிலிருந்து வருவது. ஆண்களுக்குப் பொதுவாகத் தசை அதிகம், அதனால் உங்கள் ரத்தத்தில் 1.3 இருப்பதும் அவர் ரத்தத்தில் 1.3 இருப்பதும் ஒன்றல்ல. 2021ல் வந்த சூத்திரத்தில் போட்டுப் பார்த்தேன். உங்களுக்கு ஏறக்குறைய 64, அவருக்கு ஏறக்குறைய 48. லேபில் 1.2 வரை நார்மல் என்று அச்சடித்திருப்பதைப் பார்த்துவிட்டு "கொஞ்சம்தானே அதிகம்" என்று பெண்களுடைய ரிப்போர்ட்டை மடித்து அலமாரியில் வைப்பது நம் வீடுகளில் வழக்கம். ரிப்போர்ட்டில் இஜிஎஃப்ஆர் என்ற வரி இல்லை என்றால் கேட்டு வாங்குங்கள்.

உங்களுக்கும் 64 என்பதால் விட்டுவிட வேண்டாம், சிறுநீர்ப் பரிசோதனை ஒன்று எடுத்துவிடுங்கள். வெளியே அலைய முடியவில்லை என்று எழுதியிருக்கிறீர்கள். 2021 ஆகஸ்ட் 5 அன்று மக்களைத் தேடி மருத்துவம் தொடங்கியதே உங்கள் மாவட்டத்துச் சாமனப்பள்ளியில்தான். பிரஷர், சர்க்கரை மாத்திரைக்கு வீட்டுக்கு வருபவரிடம் மனைவியின் ரிப்போர்ட்டையும் காட்டுங்கள்.

சர்க்கரை, பிரஷர், சிகேடி மூன்றும் இருந்தால் எதை முதலில் போடுவது? வகுப்பில் ஒவ்வொருவர் ஒவ்வொன்று சொல்கிறார்கள்.
(ஆர்., அரூர்)

மேலே பாலக்கோட்டு அப்பாவையே எடுத்துக்கொள்வோம். இ11.22 (சிகேடியோடு சர்க்கரை), ஐ12.9 (சிகேடியோடு பிரஷர்), என்18.32. என்18 கடைசியில்தான் வரும், சர்க்கரையையும் பிரஷரையும் முன்னால் போடு என்று அதன் கீழேயே குறிப்பு இருக்கிறது. முதல் இரண்டில் எது முன்னால் என்பது அன்றைக்கு எதற்காக வந்தார் என்பதைப் பொறுத்தது. ஐ10 (வெறும் பிரஷர்) போடவே கூடாது. பிரஷரும் சிகேடியும் ஒன்றாக இருந்தால் தொடர்பு உண்டு என்றே வழிகாட்டி எடுத்துக்கொள்கிறது, டாக்டர் தொடர்பில்லை என்று தெளிவாக எழுதினால் ஒழிய. சர்க்கரைக்கும் அதே கதை. சர்க்கரை மாத்திரைக்கு இசட்79.84, இன்சுலினுக்கு இசட்79.4, இரண்டும் எடுத்தால் இரண்டும்.

எங்கள் பக்கம் தண்ணீரில் ஃப்ளோரைடு. அதனால்தான் கிட்னி போகிறது என்று ஊரில் எல்லாரும் சொல்கிறார்கள். அதற்குக் கோடு உண்டா?
(பெ., பென்னாகரம்)

பல்லுக்கு உண்டு, கே00.3, பழுப்பேறிய பற்கள். எலும்புக்கு உண்டு, எம்85.1. தர்மபுரிக்காரர்கள் அந்தப் பல்லைப் புத்தகத்தில் தேட வேண்டியதில்லை, ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர் 2013ல் வருவதற்கு முன்பு வளர்ந்த என் வகுப்புத் தோழிகள் சிரித்தாலே தெரியும். போட்டோ எடுக்கும்போது வாயைப் பொத்திக்கொள்ளும் பழக்கம் அவர்களுக்கு இன்னும் போகவில்லை.

கிட்னிக்கு அப்படி ஒரு கோடு கிடையாது. தெரிந்தது என்னவென்றால் உடம்புக்குள் போன ஃப்ளோரைடை வெளியேற்றும் பெரிய வேலை சிறுநீரகத்தினுடையது, அது தளர்ந்தவர்களுக்கு ஃப்ளோரைடு உடம்பில் கூடுதலாகத் தங்கும். ஆகவே சிகேடி உள்ளவர்கள் போர் தண்ணீரை விட்டு ஒகேனக்கல் தண்ணீரைக் குடிப்பது நல்லது. ஆனால் "ஃப்ளோரைடால் சிகேடி" என்று கோடர் தானாக முடிச்சுப் போட முடியாது. ஊர் சொல்வதெல்லாம் சார்ட்டில் ஏறாது.

நான் பி.காம். சிபிசி (மெடிக்கல் கோடிங் சான்றிதழ்) தேர்வு எழுதலாமா? சீனியர் அக்கா ஒருவர் பழைய கோடு புத்தகம் பாதி விலைக்குத் தருகிறேன் என்கிறார்.
(ஜெ., காவேரிப்பட்டணம்)

எழுதலாம். உயிரியல் பட்டம் வேண்டும் என்று தேர்வில் விதி இல்லை. வேலைக்கு எடுக்கும் கம்பெனிகள் தனியாக நிபந்தனை வைத்தால் அது வேறு. 100 கேள்வி, 4 மணி நேரம், 70 சதவீதம் எடுக்க வேண்டும், கோடு புத்தகத்தைப் பார்த்தே எழுதலாம். அந்தப் புத்தகத்தை வாங்குவதற்கு முன் அட்டையில் எந்த வருடம் என்று பாருங்கள். நீங்கள் எழுதப்போகும் தேர்வு கேட்கும் வருடமாக இல்லையென்றால் பாதி விலையும் தண்டம். 2021க்கு முந்தைய பதிப்பாக இருந்தால் என்18.3க்குக் கீழே 3ஏ, 3பி இரண்டுமே இருக்காது.