வெள்ளி இரவு ஆட்டத்துக்குக் கூப்பிட்டால் போய் வாரும், தம்பி

தம்பி, உம்முடைய கேள்வியை இரண்டு தரம் வாசித்தேன். கனடா வந்து நாலு மாதம், ஸ்காபரோவில் வெயர்ஹவுஸ் வேலை, கூட வேலை செய்கிற பெடியள் வாற வெள்ளி இரவு ரொறன்ரோவில் நடக்கிற, எங்கள் ரொறன்ரோ புளூ ஜேஸும் நியூயோர்க் யாங்கீஸும் மோதுகிற பேஸ்போல் ஆட்டத்துக்கு ஒரு ரிக்கெற் கூடுதலாக இருக்கிறது, வா என்கிறார்கள், பேஸ்போலில் ஒரு மண்ணும் விளங்காது, போகவா அல்லது அன்றிரவு ஓவர்ரைம் செய்யவா என்று கேட்டிருக்கிறீர். கூடவே கிரெடிட் காட், பழைய கார், பேஸ்மென்ற் வாடகை என்று இன்னும் நாலைந்து. அவற்றுக்குப் பதில் சொல்ல ஆட்கள் கனக்க இருக்கிறார்கள். கார் மட்டும் இப்போதைக்கு வேண்டாம், இன்சூரன்ஸ் உம்மை விழுங்கிவிடும். நான் ஆட்டத்தைப் பற்றித்தான் எழுதப்போகிறேன்.

போய் வாரும். ஓவர்ரைம் அடுத்த கிழமையும் இருக்கும்.

நான் 1991 மாசியில் வந்தவன். சென் ஜேம்ஸ் ரவுன் அடுக்குமாடி ஒன்றில், ஒரு படுக்கையறை வீட்டில் ஆறு பேர். யங் வீதியில் ஒரு சாப்பாட்டுக் கடையில் கோப்பை கழுவினேன். அந்தக் குசினியில் சமையல்காரர் ஒரு போர்த்துக்கீசர், வயது போனவர், 92 கோடையில் மூன்று தரம் என்னை ஆட்டத்துக்குக் கூப்பிட்டார். காசு இல்லை, நேரம் இல்லை, விளையாட்டு விளங்காது என்று மூன்று தரமும் மறுத்துவிட்டேன். எங்களோடு இருந்த மூத்த அண்ணை ஒருவர், "உது வெள்ளையளின்ரை விளையாட்டு, எங்களுக்கு என்னத்துக்கு? கடனைக் கட்டுற வழியைப் பார்" என்பார். கடன் இருந்தது உண்மை. ஏஜென்சிக்காரனுக்குக் கொடுக்க அம்மாவின் தாலிக்கொடி வரைக்கும் அடகில் கிடந்தது. ஆனால் நாலாவது தரம் அந்த மனிதர் கேட்கவில்லை. ஊரில் என்றால் வேண்டாம் வேண்டாம் என்றாலும் கையைப் பிடித்து இருத்திச் சாப்பாடு போடுவார்கள். இங்கே ஒரு தரம் வேண்டாம் என்றால் வேண்டாம்தான், அதை மரியாதை என்று நினைத்து விட்டுவிடுவார்கள். குசினியில் எல்லாரும் முதல்நாள் ஆட்டத்தைக் கதைத்துச் சிரிக்க, நான் மட்டும் சிங்குக்குள்ளே பார்த்துக்கொண்டு நின்றேன். அப்படி ஒரு வருடத்துக்கு மேல் போனது. ஆங்கிலம் வராததால் தனித்துப்போனேன் என்று அப்போது நினைத்தேன். இல்லை, கூப்பிட்ட இடத்துக்குப் போகாததால்தான்.

சரி, இப்போது கவனமாக இருக்கவேண்டியவற்றைச் சொல்கிறேன். ரிக்கெற் அவர்களுடைய போனிலிருந்து உம்முடைய போனுக்கு முறையாக மாற்றப்பட்டு வரவேண்டும், ஸ்கிரீன்சொட் அனுப்பினால் ஏற்காதேயும். இன்னொரு சிநேகிதனையும் கூட்டிப்போக ஆசைப்பட்டு எங்கள் ஆட்களின் குழுக்களில் "ரிக்கெற் இருக்கு, மலிவு" என்று போடுகிறவனிடம் வாங்காதேயும். 2015 ஒக்ரோபரில் ரெக்சாஸ் அணியோடு ஐந்தாவது ஆட்டம், தோற்றால் வீட்டுக்கு என்ற நிலை. தமிழ்ப் பெடியன்தானே என்று நம்பி ஒருவனிடம் அச்சடித்த ரிக்கெற் இரண்டு வாங்கினேன். வாசலில் ஸ்கான் பண்ணச் சிவப்பு விளக்கு எரிந்தது. ஒரே ரிக்கெற்றை எத்தனையோ பேருக்கு விற்றிருக்கிறான். பத்து வயது மகள் ஜேஸ் சட்டையோடு என் கையைப் பிடித்துக்கொண்டு நிற்கிறாள், அவனுடைய போன் அடிக்கவே இல்லை. பக்கத்தில் ஒரு கடையின் கண்ணாடிக்கு வெளியே நின்று உள்ளேயிருந்த ரீவியில் பார்த்தோம். ஒரு ஆட்டத்துக்கு ஒன்பது இன்னிங்ஸ், அதில் ஏழாவதில், ரீவியில் பந்து இன்னும் பிச்சரின், அதாவது எறிகிறவரின், கையில் இருக்கும்போதே அரங்கத்துக்குள் இருந்து இடி இடித்ததுபோல ஒரு சத்தம் வந்தது. சில விநாடி கழித்துத்தான் எங்கள் ஹொசே பௌற்றீஸ்ரா பந்தைச் சுவருக்கு மேலால் அனுப்பி ஹோம் ரன் அடித்துவிட்டு மட்டையைத் தூக்கி எறிவது திரையில் வந்தது. நாங்கள் சுவருக்கு வெளியே நின்றோம். அந்தப் பெடியனை நான் இன்றைக்கும் மன்னிக்கவில்லை. வெள்ளைக்காரன் ஏமாற்றினான் என்று சொல்கிறவர்கள் இருக்கிறார்கள், புதிதாக வந்தவனை முதலில் ஏமாற்றுகிறவன் பெரும்பாலும் அவனுடைய மொழி கதைக்கிறவன்தான், அறை வாடகையிலும் அதுதான் நடக்கும்.

கார்க்காரர்களோடு போகாதேயும், தரிப்பிடக் காசும் நெரிசலும் ஆட்டத்தின் சந்தோசத்தையே கெடுத்துவிடும். ஸ்காபரோவின் பழைய ஆர்.ரி. ரயில் 2023 கோடையோடு நின்றுவிட்டது, ஆகவே பஸ்ஸில் கெனடி ஸ்ரேசன், அங்கிருந்து சப்வேயில் யூனியன். யூனியனுக்குள்ளிருந்தே கூரையுள்ள நடைபாதை ஆட்டம் நடக்கிற றோஜர்ஸ் சென்ரர்வரை போகிறது, நீலச் சட்டைக்காரர்களின் பின்னால் நடந்தால் போதும். ஆட்டம் 7.07க்கு, அந்த ஏழு நிமிடம் இந்த அணியின் பழக்கம். நீர் 6.15க்கு உள்ளே இரும். கூரை திறந்திருந்தால் ஏரிக் காற்று இரவில் குளிரும், ஒரு ஜக்கெற் கொண்டுபோம். வெளிச் சாப்பாடு கொண்டுபோகலாம், நான் எப்போதும் மட்டன் ரோல்ஸ் கொண்டுபோவேன், ஆனால் கண்ணாடிப் போத்தலும் தகரப் பேணியும் விடமாட்டார்கள். எல்லாரும் பியர் குடிக்கிறார்கள் என்பதற்காக நீரும் குடிக்கவேண்டியதில்லை, ஒருவரும் உம்மைக் கேள்வி கேட்கமாட்டார்கள்.

அப்புறம் அந்தத் தொப்பி. நியூயோர்க் எழுத்துப் போட்ட தொப்பி கொழும்பிலும் யாழ்ப்பாணத்திலும் எந்தக் கடையிலும் தொங்கும், எங்கள் பெடியள் அது என்ன என்று தெரியாமலே போட்டுக்கொண்டு வந்து இறங்குவார்கள். அது யாங்கீஸின் தொப்பி. வெள்ளிக்கிழமை அதை வீட்டில் விட்டுவிட்டுப் போம்.

விளையாட்டை விளங்கப்படுத்த எல்லாரும் கிரிக்கெற்றை இழுப்பார்கள், அது உம்மைக் குழப்பும். பள்ளிக்கூடத்தில் எல்லே விளையாடியிருப்பீரே? மூங்கில் தடியால் அடித்துவிட்டு நாலு இடம் சுற்றி ஓடி வருகிறோமே, அதே ஓட்டம்தான். பிடித்தால் அவுட் என்பதும் அதேதான். எல்லேயில் ஓடுகிறவன்மேல் பந்தை எறிந்து படவைப்போம், இங்கே பந்தை வைத்துக்கொண்டு ஆளைத் தொடவேண்டும், அல்லது அவனுக்கு முன்னம் பேஸை, அதாவது அந்த நாலு இடத்தில் அவன் ஓடுகிற இடத்தை, மிதிக்கவேண்டும். அடிக்கத் தவறினாலோ நல்ல பந்தை அடிக்காமல் விட்டாலோ ஸ்ட்ரைக், எட்டாமல் விலகிப்போகிற பந்தை அடிக்காமல் விட்டால் 'போல்'. மூன்று ஸ்ட்ரைக் என்றால் அடிக்கிறவன் அவுட், நாலு 'போல்' என்றால் சும்மா நடந்து முதலாம் பேஸுக்குப் போகலாம். இவ்வளவும் தெரிந்தால் போதும், மிச்சம் பக்கத்துக் கதிரையில் இருக்கிறவர் சொல்லித்தருவார், பேஸ்போல் ரசிகனுக்கு அதைவிடச் சந்தோசம் வேறில்லை. முக்கியமாக, பந்தை மட்டும் பார்க்காதேயும். பிச்சரும், அவர் எறிவதைப் பிடிக்கிற கச்சரும் என்ன பேசிக்கொள்கிறார்கள் என்று பாரும். பேஸில் ஆள் இல்லாத நேரம் பிச்சருக்கு 15 விநாடி, ஆள் நின்றால் 18, அதற்குள் எறியத் தொடங்கியாக வேண்டும். மூன்று போல், இரண்டு ஸ்ட்ரைக் என்று வந்தவுடன் சனம் எழும்பி நிற்கும், நீரும் எழும்பும்.

இனி வெள்ளி ஆட்டத்துக்கு வருவோம், ஏனென்றால் உமக்குக் கிடைத்திருப்பது சும்மா ஒரு ரிக்கெற் இல்லை. 2025இல் இந்த இரண்டு அணியும் ஒரே கணக்கில், 94 வெற்றி 68 தோல்வி என்று முடித்தன. நேருக்கு நேர் ஆடியதில் ஜேஸ் கூட வென்றிருந்தபடியால் பிரிவில் முதலிடம் எங்களுக்கு வந்தது, 2015க்குப் பிறகு முதல்தரம். பிறகு ஒக்ரோபரில், கிண்ணத்துக்கான ஆட்டங்களில், மறுபடி இருவரும் மோதி, மூன்றுக்கு ஒன்று என்று யாங்கீஸை வீட்டுக்கு அனுப்பினோம். அதன் இரண்டாவது ஆட்டத்தில் விளாடிமிர் கெரேரோ ஜூனியர் மூன்று பேஸிலும் ஆள் நிற்க ஹோம் ரன் அடித்தார், ஒக்ரோபர் ஆட்டங்களில் இந்த அணிக்கு அப்படி ஒன்று அதுவரை இருந்ததில்லை. அதே ஆட்டத்தில் ட்ரே யெசாவேஜ் என்ற 22 வயதுப் பெடியன் 11 பேரை ஸ்ட்ரைக்கில் வெளியேற்றினான், அந்த வருடத் தொடக்கத்தில் அவன் கீழ்மட்ட அணியொன்றில் எறிந்துகொண்டிருந்தவன். யாங்கீஸ் அதை மறந்திருக்கமாட்டார்கள்.

யார் வெல்வார்கள் என்று கேட்டிருந்தீர். இந்த விளையாட்டில் தொடக்கப் பிச்சர் யார் என்று தெரியாமல் சொல்கிறவனை நம்பாதேயும். ஐந்து பேர் முறைவைத்து எறிவார்கள், ஆகவே வெள்ளி காலையில் பெயரைப் பார்த்துவிட்டுக் கணக்குப் போடும். என் கணக்கு இதுதான்: யாங்கீஸ் தூக்கி அடிக்கிற அணி, 2025இல் மட்டும் 274 ஹோம் ரன், வேறு எந்த அணியும் அவ்வளவு அடிக்கவில்லை. எங்கள் ஆட்கள் லேசில் ஸ்ட்ரைக்கில் அவுட்டாகாமல், பந்துக்கு மேல் பந்தாகத் தட்டி வெளியே விட்டுப் பிச்சரைக் களைக்க வைப்பார்கள். ஆறாவது இன்னிங்ஸுக்கு முன்னம் அவர்களுடைய தொடக்கப் பிச்சரை இறக்கிவிட்டால் ஆட்டம் எங்களுடையது. ஆரன் ஜட்ஜ் களத்தில் இருந்தால் முதல் இன்னிங்ஸிலேயே வருவார், 6 அடி 7 அங்குல மனிதர், அவர் வரும்போது ரோல்ஸைக் கீழே வைத்துவிட்டுப் பாரும். 2022இல் ரொஜர் மாரிஸின் 61 ஹோம் ரன் என்ற பழைய சாதனையை அவர் எட்டிப்பிடித்தது இதே றோஜர்ஸ் சென்ரரில், இடது பக்கத்தில் ஜேஸ் பிச்சர்கள் இருக்கிற இடத்துக்குள் அந்தப் பந்து விழுந்தது. அவருக்கு எதிராகச் சத்தம் போடுவார்கள், நீரும் போடலாம், ஆனால் வசைச்சொல் வேண்டாம்.

கெரேரோவைப் பற்றி ஒரு வார்த்தை. அவருடைய தகப்பனும் பெரிய ஆட்டக்காரர், மொன்றியல் அணிக்கு ஆடிய காலத்தில் மகன் அங்கே பிறந்தார், வளர்ந்தது டொமினிக்கன் குடியரசில். 2025 ஏப்ரலில் இந்த அணியோடு 14 வருடத்துக்கு 500 மில்லியன் அமெரிக்க டொலர் ஒப்பந்தம் போட்டார். கச்சர் அலெஹாண்ட்ரோ கேர்க் மெக்சிக்கோவின் திஹுவானாவிலிருந்து வந்தவர். உது வெள்ளையளின்ரை விளையாட்டு என்று சொன்ன அண்ணைக்கு இந்தக் களத்தை ஒரு தரம் காட்டவேண்டும் என்று பலமுறை நினைத்திருக்கிறேன். முப்பது வருடத்துக்கு மேல் இங்கே இருக்கிறார், நாலு வீடு வாங்கிவிட்டார், இன்னும் அந்த அரங்கத்துக்குள் கால் வைக்கவில்லை. எனக்கு அவரில் கோபம் இல்லை, கவலைதான்.

நான் இதற்குள் வந்தது 1993 ஒக்ரோபர் 23, சனிக்கிழமை. கிண்ணத்தைத் தீர்மானிக்கிற உலகத் தொடரின் ஆறாவது ஆட்டம், பிலடெல்பியாவோடு. கடை நிறையச் சனம், என் சிங் நிறையக் கோப்பை. காய்ந்த கெச்சப்பைச் சுரண்டிக்கொண்டு நிற்கிறேன், சுடுதண்ணீரில் கை இரண்டும் அவிந்து விரல்நுனி சுருங்கிப்போயிருக்கிறது. நடுச்சாமத்துக்குக் கிட்ட, திடீரென்று குசினியில் எல்லாச் சத்தமும் நின்றது. அந்தப் போர்த்துக்கீசர் வந்து என் ஏப்ரனின் முடிச்சைப் பின்னாலிருந்து பிடித்து இழுத்துக்கொண்டுபோய் ரேடியோவுக்கு முன்னால் நிறுத்தினார். ஒன்றும் கேட்கவில்லை, கூப்பிடவும் இல்லை, இழுத்தார். ஒன்பதாவது இன்னிங்ஸ், ஆறுக்கு ஐந்து என்று பின்னால் நிற்கிறோம், இரண்டு பேர் பேஸில். எங்கள் ஜோ காட்டர், அவர்களுடைய பிச்சர் மிச் வில்லியம்ஸின் பந்தை இடது பக்கச் சுவருக்கு மேலால் அடித்தார். எட்டுக்கு ஆறு, தொடர் முடிந்தது, கிண்ணம் எங்களுக்கு. எனக்கு ரேடியோவில் சொன்னது பாதி விளங்கவில்லை. அந்தக் கிழவர் என்னைக் கட்டிப்பிடித்து அழுதது விளங்கியது.

முதலாளி கடையைப் பூட்டவேண்டியதாயிற்று, யங் வீதியில் கால் வைக்க இடமில்லை. ஈர ஏப்ரனோடு வெளியே வந்தேன். முன்பின் தெரியாதவர்கள், சீனர், கறுப்பர், வெள்ளையர், எல்லாரும் கையை அடித்து வாழ்த்தினார்கள். ஊரில் அவ்வளவு சனம் தெருவில் ஓடினால் அதற்கு வேறு காரணம் இருக்கும், கால் தன்பாட்டில் ஓரமாக ஒதுங்கப் பார்த்தது. ஒரு பொலிஸ்காரர் குதிரைமேல் இருந்தபடி என்னைப் பார்த்துச் சிரித்தார். சீருடைக்காரன் ஒருவன் என்னைப் பார்த்துச் சிரித்தது அதுதான் முதல்தரம். வெலஸ்லி வழியாக வீட்டுக்கு நடந்து போய்ச்சேர இரண்டு மணி. அடுத்த நாள் குசினியில் நான்தான் முதலில் கதையைத் தொடங்கினேன்.

இப்போது மகள் புள்ளி எழுதுகிற கொப்பியோடு வருவாள். 2025 நவம்பர் முதலாம் திகதி இரவு, உலகத் தொடரின் ஏழாவது ஆட்டத்தில் லொஸ் ஏஞ்சல்ஸ் டொட்ஜர்ஸிடம், சமநிலையால் நீண்டுபோன பதினோராவது இன்னிங்ஸில் ஐந்துக்கு நாலு என்று தோற்றபோது, இன்னும் இரண்டே இரண்டு அவுட் எடுத்திருந்தால் கிண்ணம் எங்களுடையதாக இருந்த ஆட்டம் அது, அவளும் நானும் வீட்டில் வெகுநேரம் ஒன்றும் பேசாமல் இருந்தோம். ஆகவே இந்த அணி இப்போது எப்படி ஆடும் என்று எனக்கும் பதற்றம் இருக்கிறது.

ஏழாவது இன்னிங்ஸ் நடுவில் எல்லாரும் எழும்பிக் கைகாலை நீட்டிப் பாடுவார்கள், அந்த நேரத்தோடு நெரிசலுக்குப் பயந்து எழும்பிப் போகிற எங்கள் ஆட்கள் கொஞ்சப்பேர் இருக்கிறார்கள். நீர் போகாதேயும், கடைசி அவுட் வரைக்கும் இரும். ரிக்கெற்றில் எந்தப் பகுதி என்று போட்டிருக்கிறது, பார்த்து எழுதும். 500களில், அதாவது மேல்தட்டில் என்றால், கூரை திறந்திருந்தால் சீஎன் ரவர் தெரியக்கூடும், முதலாம் பேஸ் பக்கம் என்றால் கெரேரோ உமக்குக் கிட்ட நிற்பார்.