டிவி வெளிச்சத்துக்கு அப்புறம்: வாசகர் கேள்விகள், காரைக்குடியிலிருந்து பதில்கள்

கேள்வி: அக்கா, என் மகளுக்கு 20 வயது. ஒரு டிவி பாட்டுப் போட்டியில் கடைசிச் சுற்று வரை வந்தவள். போட்டி முடிந்த பிறகு ஒரு வருஷம் முழுக்கத் திருவிழா, கல்யாணம், கல்லூரி விழா என்று ஓயாமல் அழைப்பு. இந்தப் பங்குனிக்கு இரண்டே இடம். பிள்ளை சோர்ந்து போயிருக்கிறாள். நியூஜெர்சியில் இருக்கும் என் அக்கா மகன், "சித்தி, கார்டி பி கூட டிவியிலிருந்து வந்தவர்தான், அவர் என்ன செய்தார் என்று தங்கச்சியைப் பார்க்கச் சொல்லுங்க" என்கிறான். யார் அவர்? அவர் கதை நமக்கு உதவுமா?
– ஒரு தாய், தேவகோட்டை

பதில்: நன்றாகவே உதவும், தங்கச்சி. கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

கார்டி பி அமெரிக்காவின் ராப் பாடகி. ராப் என்றால் தாளத்துக்கு ஏற்ப வேகமாகப் பேசுவதுபோல் பாடுவது. நியூயார்க்கில் 1992ல் பிறந்தவர். அப்பா டொமினிக்கன் குடியரசைச் சேர்ந்தவர், அம்மா டிரினிடாட். இரண்டும் கரீபியன் கடல் நாடுகள். பிராங்க்ஸ் பகுதியில் வளர்ந்தார். அதே நியூயார்க்கின் வாஷிங்டன் ஹைட்ஸில் இருந்த அப்பத்தா வீட்டில் பாதி நாள். வசதியில்லாத குடும்பம். ஒரு கடையில் கேஷியர் வேலை பார்த்து, அது போன பிறகு இரவு விடுதியில் நடனமாடிப் பிழைத்தார். இதை அவர் எங்கேயும் மறைத்ததில்லை. அந்தக் காலத்திலேயே இன்ஸ்டாகிராமில் மனதில் பட்டதைப் படபடவென்று பேசி வீடியோ போடுவார். அந்தப் பேச்சுக்கே பெரிய கூட்டம் சேர்ந்தது.

2015 கடைசியில் 'லவ் அண்ட் ஹிப் ஹாப்: நியூயார்க்' என்ற ரியாலிட்டி நிகழ்ச்சிக்குள் வந்தார். அது பாட்டுப் போட்டி கிடையாது. பாட்டுலகத்தை ஒட்டி வாழ்கிறவர்களின் காதல், சண்டை, சமாதானம் இவற்றைக் காட்டும் நிகழ்ச்சி. மார்க் போட நடுவர் இல்லை, பட்டமும் இல்லை. உங்கள் மகளுக்கு அவள் குரலுக்காகக் கைதட்டல் கிடைத்தது. கார்டி பிக்குக் கிடைத்தது வாய்த்துடுக்குக்கு. அப்படிப் பெயர் வாங்கியவர்கள் பாட வந்தால் ஜனங்கள் லேசில் நம்ப மாட்டார்கள். அவரையும் நம்பவில்லை.

அந்த நிலைமையில் அவர் செய்ததைத்தான் உங்கள் மகள் கவனிக்க வேண்டும். நிகழ்ச்சியில் சேர்ந்த அதே சமயத்தில், ஜமைக்காவின் புகழ்பெற்ற பாடகர் ஷாகியின் பாட்டு ஒன்றின் புது வடிவத்தில் தன் குரலைக் கொடுத்தார். நிகழ்ச்சி ஓடிக்கொண்டிருந்தபோதே, 2016 மார்ச்சில், சொந்த ராப் பாட்டுகளின் முதல் தொகுப்பை வெளியிட்டார். 2017 ஜனவரியில் இரண்டாவது. முதல் தொகுப்பு ஊரையே புரட்டிவிடவில்லை. ஆனாலும் டிவியில் அவரைப் பார்த்தவன் தேடிப் போனால், அங்கே கேட்க அவருடைய பாட்டு இருந்தது. இரண்டு சீசனோடு நிகழ்ச்சியை விட்டு விலகுவதாக 2016 டிசம்பர் கடைசியில் அறிவித்தார். முகம் நன்றாக விற்றுக்கொண்டிருந்த நேரத்தில் எடுத்த முடிவு அது. 2017 பிப்ரவரியில் அட்லாண்டிக் ரெக்கார்ட்ஸ் என்ற பெரிய இசை நிறுவனத்துடன் ஒப்பந்தம். ஜூனில் 'போடாக் யெல்லோ' என்ற பாட்டு வந்தது. இலையுதிர் காலத்துக்குள் அமெரிக்காவில் வாராவாரம் பிரபலமான பாட்டுகளை வரிசைப்படுத்தும் பில்போர்டு ஹாட் 100 பட்டியலில் முதலிடம். வேறு யாரையும் கூட்டுச் சேர்க்காமல் ஒரு பெண் ராப் பாடகி அந்த இடத்தைப் பிடித்தது, 1998ல் லாரின் ஹில் பிடித்ததற்குப் பிறகு அதுதான் முதல் தடவை.

2018 ஏப்ரலில் முதல் முழு ஆல்பம், 'இன்வேஷன் ஆஃப் பிரைவசி'. அதற்கு 2019ல் சிறந்த ராப் ஆல்பத்துக்கான கிராமி விருது. அந்தப் பிரிவில் தனியாக வென்ற முதல் பெண் அவர்தான். இரண்டாவது ஆல்பம் 2025 செப்டம்பரில்தான் வந்தது. ஏழு வருஷ இடைவெளி! அதுவும் முதல் வாரமே பட்டியலின் உச்சிக்குப் போனது. டிவியில் பார்த்த முகம் என்பதற்காக யாரும் ஏழு வருஷம் காத்திருக்க மாட்டார்கள். பாட்டுக்காகத்தான் காத்திருந்தார்கள்.

இப்போது உங்கள் மகள் விஷயத்துக்கு வருகிறேன். போன வருஷம் குன்றக்குடி பங்குனி உத்திரத்தில் அவள் பாடியதைக் கேட்டேன். எங்கள் பாட்டுக் குழுவுக்கு அடுத்த மேடை. ஐந்து கட்டை சுருதியில் அலட்டிக்கொள்ளாமல் நின்று பாடுகிறாள். மேல் ஸ்தாயியில் குரல் மெலியவில்லை. மூச்சு எங்கே எடுக்க வேண்டும் என்பது அந்த வயதுக்கு நன்றாகவே தெரிகிறது. குரலில் ஒரு குறையும் இல்லை, அதை முதலில் அவளிடம் சொல்லுங்கள்.

ஆனால் கூட்டத்திலிருந்து மேடைக்கு வந்த துண்டுச் சீட்டுகளைப் பார்த்தேன். பத்தில் எட்டு, அவள் டிவியில் பாடிய அதே இரண்டு சினிமாப் பாட்டு. பாடினாள், கைதட்டினார்கள். அப்புறம் "வேற என்ன பாட்டும்மா இருக்கு?" என்று முன்வரிசையில் ஒரு பெரியவர் கேட்டார். கீபோர்டுக்காரர் இன்னொரு சினிமாப் பாட்டை எடுத்துக் கொடுத்தார். அந்தப் பாட்டை எங்கள் குழுவில் பாடும் பெண்ணும் பாடுவாள், பக்கத்து ஊர்க் குழுவில் பாடும் பெண்ணும் பாடுவாள். விழாக் கமிட்டிக்காரர்கள் கணக்குப் பார்ப்பவர்கள். அதே பாட்டைப் பாதிச் சம்பளத்துக்குப் பாட ஆள் இருக்கும்போது, போன வருஷத்து டிவி முகத்துக்கு ஏன் கூடுதலாகக் கொடுப்பார்கள்? புதுச் சீசன் வந்தால் புது முகம் வந்துவிடுகிறது. ஃப்ளெக்ஸில் நடுவில் பெரிதாக இருந்த "டிவி புகழ்" படம் மறுவருஷம் மூலைக்குப் போவதைப் பல பிள்ளைகள் விஷயத்தில் பார்த்திருக்கிறேன். பார்க்கும்போது வயிற்றைப் பிசையும். ஏனென்றால் அதில் பாதிப் பிள்ளைகள் நல்ல பாடகர்கள்.

நம் ஊரில் கொண்டுவிக்க, அதாவது கடல் கடந்து தொழில் பார்க்கப் போன தலைமுறையைக் கேட்டால் சொல்வார்கள், கையில் கிடைத்த முதலைச் சும்மா வைத்தால் தேய்ந்துவிடும், புரட்ட வேண்டும் என்று. டிவி கொடுத்த பெயரும் அப்படி ஒரு முதல்தான். கார்டி பி அது சூடாக இருக்கும்போதே சொந்தப் பாட்டில் போட்டார். உங்கள் மகளுக்கு ஒரு வருஷம் போய்விட்டது, சரி. பெயர் இன்னும் ஜனங்கள் வாயில் இருக்கிறது. இந்த ஆடிக்குள் சொந்தமாக நாலு பாட்டு வேண்டும். சினிமா மெட்டு ஒன்றுகூட அதில் இருக்கக் கூடாது. மேடைக்கு மேடை அதில் இரண்டையாவது பாட வேண்டும், சீட்டில் யாரும் கேட்காவிட்டாலும்.

கேள்வி: இறுதிச் சுற்று வரை போவது வேறு, பட்டம் வெல்வது வேறு அல்லவா? பட்டம் வென்றிருந்தால் வாழ்க்கை நிலைத்திருக்குமே?
– வாசகர், புதுக்கோட்டை

பதில்: நிலைக்கும் என்று சொல்ல முடியாது. கரீபியன் பக்கமே இன்னொருவரைக் காட்டுகிறேன். டெசான் சின், ஜமைக்காவின் கிங்ஸ்டன்காரர். ஜிம்மி கிளிஃப் என்ற பெரிய கலைஞருக்குப் பின்பாட்டுப் பாடிப் பழகியவர். 2013 டிசம்பரில் அமெரிக்காவின் 'தி வாய்ஸ்' என்ற டிவி பாட்டுப் போட்டியில் பட்டம் வென்றார். அடுத்த மார்ச்சில் வெள்ளை மாளிகையில் பாட அழைப்பு வந்தது. 2014 ஜூலையில் ஆல்பம் வெளிவந்தது. முதல் வாரத்தில் விற்றது சுமார் 7,000 பிரதிகள். குரலை வைத்துப் பார்த்தால் கார்டி பியை விட அவர் பல படி மேல், எனக்கு அதில் சந்தேகமே இல்லை. அப்படிப்பட்டவருக்கு இப்படி நடந்தது எனக்கு இன்னமும் வருத்தம்தான்.

போட்டி முழுக்க அவர் பாடி ஜெயித்தவை பெரும்பாலும் மற்றவர்களின் புகழ்பெற்ற பாட்டுகள். சீசன் டிசம்பரில் முடிந்தது, ஆல்பம் வர ஆறு மாதத்துக்கு மேல் ஆயிற்று. அதற்குள் அடுத்த சீசனும் ஓடி முடிந்து வேறொருவர் பட்டம் வாங்கிவிட்டார். ஓட்டுப் போட்ட ஜனங்களுக்குக் கை காலியாக இருந்த மாதங்கள் அவை. டெசான் ஓய்ந்துவிடவில்லை, தன் ஊர் மேடைகளில் தொடர்ந்து பாடினார். அங்கே அவர் பட்டத்துக்கு முன்பே பாடகி.

உங்கள் மாவட்டத்துக்காரரையே எடுத்துக்கொள்ளுங்கள். செந்தில் கணேஷ் 2018ல் சூப்பர் சிங்கர் பட்டம் வென்றார். அவரும் அவர் மனைவி ராஜலட்சுமியும் போட்டிக்குப் பல வருஷம் முன்பிருந்தே நாட்டுப்புறப் பாட்டோடு ஊர் ஊராக மேடை ஏறியவர்கள். டிவிக்குள் போனபோதும் அந்தப் பாட்டோடுதான் போனார்கள், வெளியே வந்தபோதும் அதே பாட்டோடுதான் வந்தார்கள். அவர்கள் மேடைக்குப் போகிறவர்கள் அவர்களிடம் மட்டுமே கேட்கக்கூடிய ஒன்றைக் கேட்கப் போகிறார்கள். பட்டம் அதைத் தமிழ்நாடு முழுக்க எடுத்துக்கொண்டு போனது.

கேள்வி: கார்டி பி பாட்டு வரிகளை என் பேரன் மொழிபெயர்த்துக் காட்டினான். காது கூசுகிறது. இவரையா நம் வீட்டுப் பெண்களுக்கு முன்மாதிரியாகச் சொல்வது?
– ஓய்வு பெற்ற ஆசிரியை, கோட்டையூர்

பதில்: அந்த வரிகளை என்னிடம் படிக்கும் பிள்ளைகளுக்கு நான் சொல்லிக் கொடுக்க மாட்டேன், டீச்சர். அதில் உங்கள் கட்சிதான். அவர் உழைப்பையும், எப்போது எதைச் செய்ய வேண்டும் என்று தெரிந்து நடந்ததையும் மட்டும் எடுத்துக்கொள்ளச் சொல்கிறேன். தான் வந்த பாதையை மறைக்காமல் பேசிய துணிச்சலும் எனக்குப் பெரிதாகப் படுகிறது.

கேள்வி: என் தம்பியை ஒரு சேனல் தேர்வு செய்திருக்கிறது. இருபது பக்கத்துக்கு ஒப்பந்தம் அனுப்பியிருக்கிறார்கள். எதைப் பார்த்துக் கையெழுத்துப் போடுவது?
– வாசகர், சிங்கம்புணரி

பதில்: தெரிந்த வக்கீல் ஒருவரிடம் கொடுத்து முழுசாகப் படிக்கச் சொல்லுங்கள். அதற்கு ஆகும் செலவைக் கணக்குப் பார்க்காதீர்கள். நிகழ்ச்சி முடிந்து எத்தனை மாதத்துக்கு வேறு சேனலிலோ மேடையிலோ பாடக் கூடாது என்று இருக்கும், அதை முதலில் தேடுங்கள். சூடாக இருக்கும் மாதங்களைத்தான் அந்த ஷரத்து பூட்டி வைக்கும். வெளி மேடைச் சம்பளத்தில் அவர்களுக்குப் பங்கு உண்டா, அங்கே பாடிய பதிவை உங்கள் தம்பி தன் யூடியூப் பக்கத்தில் போடலாமா என்பதையும் கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள். 2012ல் பதிப்புரிமைச் சட்டத்தைத் திருத்தியபோது, பாடுகிறவர்களுக்கும் தங்கள் பாட்டின் வணிகப் பயன்பாட்டில் ராயல்டி உரிமை வந்தது. பாடகரின் உரிமைக்கு 50 வருஷ ஆயுள். இது தெரியாமலே கையெழுத்துப் போடுகிற பிள்ளைகள் நிறைய.

கேள்வி: சொந்தப் பாட்டு வேண்டும் என்று எல்லாரிடமும் சொல்கிறீர்கள். எனக்குப் பாடத்தான் தெரியும், எழுதவோ மெட்டுப் போடவோ வராது. நான் எங்கே போவேன்?
– கல்லூரி மாணவி, கானாடுகாத்தான்

பதில்: நீ கானாடுகாத்தானில் இருந்துகொண்டு இதைக் கேட்கலாமா, கண்ணு?

மறுபடியும் கார்டி பியிடமே போகிறேன். 2018ல் அவருக்கு இரண்டாவது முதலிடம் வாங்கிக் கொடுத்த 'ஐ லைக் இட்' பாட்டின் அடியில் ஓடுவது 1967ல் பீட் ரோட்ரிகஸ் என்ற இசைக்குழுத் தலைவர் வெளியிட்ட பாட்டு. பூகலூ என்பார்கள். 1960களில் நியூயார்க்கில் ஸ்பானிஷ் பேசும் பிள்ளைகள் தங்கள் தீவுத் தாளத்தையும் கறுப்பினத்தவரின் சோல் இசையையும் கலந்து ஆடிய இசை. கார்டி பி வளர்ந்த தெருக்களில் புழங்கிய சத்தம் அது. அதை எடுத்து, போர்ட்டோ ரிக்கோவின் பேட் பன்னியையும் கொலம்பியாவின் ஜே பால்வினையும் பக்கத்தில் நிறுத்தி, ஸ்பானிஷும் இங்கிலீஷுமாகப் பாடினார்கள். பழைய பாட்டு புதுத் தலைமுறையின் காதில் போய் உட்கார்ந்தது.

உன் அப்பத்தா, ஆயா வீட்டுப் பரணில் பார். பிள்ளை பிறந்த வீட்டில் பாடிய தாலாட்டு, மாரியம்மன் பாட்டு, கும்மி, இழவு வீட்டு ஒப்பாரி. நம் பக்கத்து ஆச்சிமார் இவற்றைக் கோடு போட்ட நோட்டில் எழுதி வைத்திருப்பார்கள். எங்கள் வீட்டில் அப்படி ஒரு நோட்டு இருக்கிறது. மஞ்சள் பட்ட பக்கங்கள், ஊதா மை. தாலாட்டில் தாய்மாமன் பர்மாவிலிருந்து என்னென்ன கொண்டுவருவார் என்று வரிசையாக வரும். அந்த வரியைப் பாடும்போது என் அம்மா குரலில் வரும் ஒரு சின்ன இழைப்பு, வேறு எந்தப் பாடகியிடமும் நான் கேட்காதது. நோட்டில் வரிதான் இருக்கும், மெட்டு அவர்கள் தொண்டையில் இருக்கிறது. அதனால் நோட்டைப் படம் பிடித்தால் மட்டும் போதாது. பக்கத்தில் உட்கார்ந்து பாடச் சொல்லிப் போனில் பதிவு செய். மின்விசிறியை நிறுத்திவிடு, அந்தச் சத்தம் குரலைத் தின்றுவிடும். வரி மறந்துபோனால் அவசரப்படுத்தாதே. திரும்ப முதலிலிருந்து பாட விடு, தானாக வரும்.

அப்புறம் அதே மெட்டை உன் கட்டையில் வைத்து, முதலில் தம்பூரா சுருதியோடு மட்டும் பாடிப் பழகு. கீபோர்டும் ரிதம் பேடும் பிறகு சேர்க்கலாம். யூடியூபில் போடும்போது பாடிக் கொடுத்தவரின் பெயரையும் ஊரையும் பாட்டுக்குக் கீழே எழுது. ஞாயிற்றுக்கிழமை காலையில் காரைக்குடியில் எங்கள் குழு ஒத்திகை பார்ப்போம். பதிவைக் கொண்டு வா, தாளம் எங்கே உட்கார வேண்டும் என்று சேர்ந்து பார்த்துவிடலாம். தேவகோட்டைத் தங்கச்சியின் மகளையும் வரச் சொல்லியிருக்கிறேன்.