கேம் பாய், முதல் பந்தி – கடிதம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

கையடக்க வீடியோ கேம் கருவிகள் பற்றிய உங்கள் கட்டுரையை வாசித்தேன். ஒரு கருவியின் தலையெழுத்தை அதோடு முதலில் வரும் விளையாட்டுகளே தீர்மானிக்கின்றன என்று எழுதியிருந்தீர்கள். எனக்கு இதில் உடன்பாடில்லை. லாஞ்ச் கேம் என்றாலே அவசரச் சமையல்தான். ரசம் கொதிப்பதற்குள் முதல் பந்திக்கு இலை போட்டுவிடுகிறார்கள். நல்ல விளையாட்டுகள் எல்லாம் கருவி வந்து இரண்டு மூன்று வருடம் கழித்துத்தான் வருகின்றன. நீங்கள் உதாரணம் காட்டிய நிண்டெண்டோவின் கேம் பாயையே எடுத்துக்கொள்ளுங்கள். மேலிருந்து விழும் காய்களை அடுக்கும் டெட்ரிஸே ஜப்பானில் முதல் நாளில் கிடையாது. இருந்தவை நான்கு, அதில் ஒன்று பேஸ்பால், ஒன்று மாஜாங் என்ற சீனக் காய் விளையாட்டு. இதை வைத்தா தலையெழுத்து?

நான் கேம் பாயைத் தொட்டதில்லை. பள்ளிக்கூட நாட்களில் பொருட்காட்சியில் வாங்கிய பிரிக் கேம்தான் எனக்குத் தெரிந்த டெட்ரிஸ். அந்த நான்கையும் இப்போது தேடிப்பிடித்து விளையாடலாமா, அதற்கு மதிப்புண்டா என்றும் சொல்லுங்கள்.

ரா.வெ., ஈரோடு

அன்புள்ள ரா.வெ.,

முதல் பந்தி பெரும்பாலும் அரைவேக்காடுதான், அதை நான் மறுக்கவில்லை. ஆனால் லாஞ்ச் கேம்கள் மிகச் சிறந்தவை என்று நான் எழுதவில்லை. புதிய கருவியை எங்கே வைத்து, எவ்வளவு நேரம், எந்த மனநிலையில் விளையாடுவது என்று வாங்கியவருக்கு அவைதான் பழக்கிக் கொடுக்கின்றன. அந்தக் கருவியால் எது முடியாது என்பதையும் அவைதான் முதலில் காட்டிக் கொடுக்கின்றன, அல்லது மறைக்கின்றன. கேம் பாய் விஷயத்தில் இந்த இரண்டாவது வேலைதான் முக்கியம்.

1989 ஏப்ரல் 21 அன்று, 12,500 யென் விலையில் வந்த அந்தப் பெட்டியின் திரையை நினைத்துப் பாருங்கள். குறுக்கே 160 புள்ளி, நெடுக்கே 144. வண்ணம் கிடையாது, பாசிப் பச்சையில் நான்கு சாயல்கள் மட்டும். பின்னால் விளக்கும் இல்லை, ஜன்னலோரம் போய்த்தான் உட்கார வேண்டும். இதையெல்லாம் விட மோசமான குறை ஒன்று உண்டு. திரையில் எதுவாவது வேகமாக நகர்ந்தால் பின்னாலேயே அதன் நிழல் இழுபடும். வடிவமைப்புக்குத் தலைமை தாங்கிய குன்பெய் யோக்கோய்க்கு இது தெரியாமல் இல்லை. புத்தம் புதிய தொழில்நுட்பத்தின் பின்னால் ஓடாமல், விலை மலிந்து குணம் தெரிந்துபோன பாகங்களை வைத்துப் புதிதாக ஒன்றைச் செய்வதுதான் அவருடைய வழி. அதனால்தான் நான்கு பென்சில் பேட்டரியில் பத்து மணி நேரத்துக்கு மேல் ஓடியது.

இந்தத் திரையில் அந்த நான்கு விளையாட்டுகளும் என்ன ஆயின என்று பாருங்கள்.

அலிவே, செங்கல்லைப் பந்தால் உடைக்கும் பழைய விளையாட்டு. கீழே ஒரு மட்டை, மேலே கற்கள். இந்த வகைக்கு உயிரே பந்தின் வேகம்தான். கேம் பாயிலோ பந்து வேகம் பிடித்தால் கண்ணுக்கு இழுவையாகத் தெரிகிறது. சரி, மட்டையையாவது நுணுக்கமாக நகர்த்தலாமா என்றால், திருகுக் குமிழ் இருக்க வேண்டிய இடத்தில் சிலுவை வடிவப் பொத்தான். ஒரு பொத்தானை அழுத்தினால் மட்டை வேகமாகவும் இன்னொன்றை அழுத்தினால் மெதுவாகவும் நகரும்படி சமாளித்திருக்கிறார்கள். சமாளிப்பு என்று விளையாடும்போதே தெரியும். இணைப்புக் கம்பி போட்டு இருவர் ஆடும் வசதியும் இதில் இல்லை.

பேஸ்பாலைப் பற்றிச் சொல்ல அதிகமில்லை. யாக்குமன் எனும் மாஜாங், ஜப்பானிய ரயில் பயணிக்குச் சரியான சரக்கு. காய்கள் அசையாமல் நிற்பதால் திரைக்கும் தொந்தரவில்லை. ஆனால் கடல் தாண்ட முடியாத சரக்கு, அமெரிக்காவுக்கு அதை அனுப்பவே இல்லை.

சூப்பர் மாரியோ லேண்ட் கதை வேறு. மாரியோவை உருவாக்கிய ஷிகேரு மியமோட்டோ இதில் இல்லை. யோக்கோயின் குழுவே செய்தது, இயக்கியவர் சத்தோரு ஒக்கடா. அதனாலோ என்னவோ எல்லாமே கொஞ்சம் கோணலாக இருக்கும். ஆமையை மிதித்தால் மற்ற மாரியோக்களைப் போல ஓடு கிடைக்காது, அது குண்டாக வெடிக்கும். நெருப்புக்குப் பதில் சுவரில் பட்டுத் திரும்பும் ஒரு பந்து. வழக்கமான இளவரசிக்குப் பதில் டெய்சி. நடுவில் திடீரென்று நீர்மூழ்கியில் ஏறிச் சுட வேண்டும். ஹிரோகாசு தனகாவின் இசை மட்டும் எந்த ஸ்பீக்கரிலும் துள்ளும். இந்தக் கோணல்தான் எனக்குப் பிடித்தது. மொத்தம் 12 கட்டங்கள், கை பழகிவிட்டால் ஒரு மணி நேரத்துக்குள் முடிந்துவிடும். அன்றைக்கே 'இவ்வளவுதானா' என்று குறை சொன்னவர்கள் உண்டு. ஆனால் கேசட்டில் சேமிக்கும் வசதி இல்லை, அணைத்தால் எல்லாம் முதலிலிருந்து. அப்படிப்பட்ட கருவியில் ஒரே அமர்வில் முடிகிற மாரியோ இருப்பதுதானே நியாயம்? விற்பனை ஒரு கோடியே எண்பது லட்சத்தைத் தாண்டியது.

இப்போது டெட்ரிஸுக்கு வருகிறேன். முதல் நாளில் அது இல்லை என்பது சரி. ஜப்பானில் 1989 ஜூன் 14 அன்றுதான் வந்தது. ஆனால் ஏன் இல்லை? அந்த விளையாட்டின் உரிமை மாஸ்கோவில், எலோர்க் என்ற சோவியத் அரசு நிறுவனத்தின் கையில் இருந்தது. கையடக்கக் கருவிக்கான உரிமை கேட்டு, விளையாட்டு வெளியீட்டாளர் ஹெங்க் ரோஜர்ஸ் அங்கே போய்ப் பேசியதே அந்த ஆண்டு பிப்ரவரியில்தான். அதே வாரத்தில் வேறு இரண்டு தரப்பும் அதே அலுவலகத்தின் வாசலில் நின்றன. ஏப்ரலில் கருவியை விற்கிறவர்கள் பிப்ரவரியில் மாஸ்கோவுக்கு ஆள் அனுப்புகிறார்கள் என்றால், அந்தக் கருவிக்கு இன்னும் எது குறைகிறது என்று அவர்களுக்குப் புரிந்திருக்கிறது என்றுதான் அர்த்தம். (இதை 1984-இல் உருவாக்கிய அலெக்சி பஜித்னோவுக்கு 1996 வரை உரிமத் தொகை என்று ஒரு காசு வரவில்லை. அதைத் தனியாகத்தான் எழுத வேண்டும்.)

டெட்ரிஸை அந்தத் திரையில் கூர்ந்து பாருங்கள். காய் வழுக்கிக்கொண்டு வருவதில்லை, கட்டம் கட்டமாகத் தாவுகிறது. தொடக்க நிலையில் ஏறத்தாழ ஒரு வினாடிக்கு ஒரு கட்டம். அதனால் நிழல் இழுபட நேரமே இல்லை. ஒவ்வொரு கட்டமும் எட்டுக்கு எட்டுப் புள்ளி, 144-ஐ எட்டால் வகுத்தால் 18. அதனால் காய் விழும் கிணற்றின் உயரம் 18 வரிசை, அகலம் 10. மிச்ச இடத்தில் மதிப்பெண்ணும் அடுத்து வரும் காயும். ஏழு வடிவங்களையும் நிறத்தால் பிரிக்க வழியில்லையா, கட்டத்துக்குள் வெவ்வேறு கோலம் போட்டுப் பிரித்தார்கள். அந்தத் திரையின் ஒவ்வொரு குறையும் இந்த விளையாட்டில் காணாமல் போகிறது. இரண்டு கருவிகளைக் கம்பியால் இணைத்தால் எதிராளி தலையில் வரிசைகளைக் கட்டலாம். ஏழு வருடம் கழித்து போக்கிமான் தன் பூதங்களைக் கைமாற்றியதும் முதல் நாளிலிருந்தே அந்தப் பெட்டியில் இருந்த இதே வாய் வழியாகத்தான்.

அமெரிக்காவில் 1989 ஜூலை 31 அன்று கருவி இறங்கியபோது மாரியோவும் அலிவேயும் பேஸ்பாலும் டென்னிஸும் தனியாக விற்பனைக்கு இருந்தன. பெட்டிக்குள்ளேயே போட்டுக் கொடுத்தது டெட்ரிஸை. மாரியோவைப் போட்டால் பையன்கள் மட்டும் வாங்குவார்கள், டெட்ரிஸைப் போட்டால் எல்லோரும் வாங்குவார்கள் என்று ரோஜர்ஸ் வாதாடியதாகச் சொல்வார்கள். 1993-இல் விமானத்தில் ஹில்லரி கிளிண்டன் கேம் பாயில் மூழ்கியிருக்கும் புகைப்படத்தைப் பார்த்தால் அந்த வாதத்துக்கு வேறு சான்று வேண்டாம் என்று தோன்றும்.

எதிர் உதாரணமும் அதே ஆண்டிலேயே இருக்கிறது. சில வாரம் கழித்து அட்டாரி நிறுவனத்தின் கையடக்கக் கருவியான லிங்க்ஸ் வந்தது. வண்ணத் திரை, பின்விளக்கு, விலை மட்டும் கேம் பாயைப் போல இரண்டு மடங்கு. கூடக் கொடுத்தது கலிபோர்னியா கேம்ஸ், அலைச்சறுக்கு, சைக்கிள் என்று கடைக் கண்ணாடிக்குப் பின்னால் அசத்தும் விளையாட்டு. ஆறு பேட்டரி நான்கைந்து மணி நேரத்தில் தீர்ந்துவிடும். கடையில் நின்று பார்க்க அருமையான கருவி. மறு ஆண்டு சேகா நிறுவனம் கேம் கியர் என்ற தன் கையடக்கக் கருவியைக் கொண்டுவந்தபோது முதல் வரிசையிலேயே காலம்ஸ் என்று காய் விழும் விளையாட்டு ஒன்றை வைத்தார்கள். பாடத்தை யார் படித்தார்கள் என்று தெரிகிறதல்லவா?

நீங்கள் சொல்வது போல் நல்லவை பின்னால்தான் வருகின்றன. ஆனால் அவை வரும்வரை அந்தக் கருவி மேசை இழுப்பறைக்குள் போகாமல் கையிலேயே இருக்க வேண்டுமே. அதைச் செய்வது லாஞ்ச் கேம்.

உங்கள் பிரிக் கேமும் இந்த வம்சம்தான். அதன் திரை பத்துக்கு இருபது கட்டம், கேம் பாயின் கிணற்றை விட இரண்டு வரிசை உயரம். பெட்டியில் 9999 விளையாட்டு என்று போட்டிருக்கும், விரல் போவது எப்போதும் அந்த முதல் ஒன்றுக்குத்தான்.

இனி உங்கள் கடைசிக் கேள்வி. நான்கையும் தேட வேண்டாம். மாரியோ லேண்டை ஒரு மாலைப்பொழுதில் முடித்துவிடலாம், அவசியம் செய்யுங்கள். அலிவேக்குப் பத்து நிமிடம் போதும், அதுவும் நான் மேலே சொன்ன குறையைக் கண்ணால் பார்ப்பதற்கு. இன்றைய போன் திரையில் அந்த இழுவை தெரியாது என்பதால், பழைய கருவியை வைத்திருக்கும் யாராவது கிடைத்தால் அதில் பாருங்கள். பேஸ்பாலை விட்டுவிடலாம். யாக்குமன், மாஜாங் தெரிந்தால் மட்டும். டெட்ரிஸை எப்படியும் விளையாடுவீர்கள். அணைத்தால் உங்கள் மதிப்பெண் அதில் நிற்காது, அதனால் பெரிய எண் வந்தால் உடனே ஒரு தாளில் குறித்துக்கொள்ளுங்கள்.