உரிமை கேட்பது தன்னலமா?

கேள்வி: சமூகப் பிணைப்பு தளர்ந்தால் மனிதர் நிலைகுலைவர் என்று 1897-இல் ‘தற்கொலை’ என்ற நூலில் எழுதிய பிரெஞ்சுச் சமூகவியலாளர் எமில் துர்க்கைம், மறு ஆண்டே தனிமனிதவாதத்தை ஆதரித்துக் கட்டுரை எழுதினார். இது முரண்பாடு இல்லையா? உரிமை கேட்பவரைத் தன்னலக்காரர் என்று சொல்வது சரியா? — சமூகவியல் மாணவி

பதில்: அந்தக் கட்டுரை பிறந்த சூழலை அறிந்தால் குழப்பம் பெருமளவு தீரும். 1894-இல் பிரெஞ்சு ராணுவத்தின் யூத அதிகாரியான கேப்டன் டிரைஃபஸ், ஜெர்மனிக்கு உளவு சொன்னதாகத் தண்டிக்கப்பட்டார். அவருடைய வழக்கறிஞருக்குத் தெரியாமலேயே ரகசியக் கோப்பு ஒன்று நீதிபதிகளிடம் தரப்பட்டிருந்தது. 1895 ஜனவரியில், படையினர் அணிவகுத்து நிற்க, அவருடைய சீருடைச் சின்னங்கள் பிய்த்தெறியப்பட்டன, வாள் முறிக்கப்பட்டது. அவர் குற்றமற்றவர் என்பதற்குச் சான்றுகள் வந்த பிறகும், ராணுவத்தின் மானமே பெரிது என்று பலர் வாதிட்டனர். நியாயம் கேட்ட அறிவாளிகளை, சமூகத்தைக் குலைக்கும் தனிமனிதவாதிகள் என்று விமர்சகர் புருனெத்தியேர் சாடினார். அவருக்கான மறுப்புதான் துர்க்கைமின் 1898-ஆம் ஆண்டுக் கட்டுரை.

தன் லாபத்தை மட்டுமே கணக்கிடும் மனப்போக்கை அவர் அதில் ஆதரிக்கவே இல்லை. தத்துவவாதிகளான கான்ட்டும் ரூசோவும் வலியுறுத்திய, எந்த மனிதருக்கும் மனிதர் என்பதாலேயே உரிய மதிப்பைத்தான் அவர் காக்க முனைந்தார். தொழிலும் நம்பிக்கையும் பலவாறாகப் பிரிந்துபோன சமூகத்தில், எல்லோருக்கும் பொதுவாக எஞ்சுவது மனிதத்தன்மை ஒன்றே என்பதால், அதற்குத் தரும் மரியாதையே அத்தகைய சமூகத்தைச் சேர்த்துக் கட்டும் நம்பிக்கையாகிறது என்பது அவர் வாதம். அந்த மரியாதையை நமக்குக் கற்றுத் தந்ததும் சமூகமே. ஆகவே, முந்தைய நூலில் பிணைப்பற்றுத் தனித்துப்போவதன் கேட்டைச் சொன்னவர், இங்கே புதியதொரு பிணைப்பை அடையாளம் காட்டுகிறார். முரண்பாடாக எனக்குத் தோன்றவில்லை.

உங்கள் இரண்டாவது கேள்விக்கும் விடை இதிலேயே இருக்கிறது. தான் கேட்கும் உரிமை, தனக்குப் பிடிக்காதவருக்கும் கிடைக்க வேண்டும் என்று ஒருவர் ஒப்புக்கொள்கிறாரா என்று பாருங்கள். ஒப்புக்கொள்பவரைத் தன்னலக்காரர் என்பது அநியாயம்.

ஒரு குறையையும் சொல்லியாக வேண்டும். பொது நம்பிக்கை மட்டுமே மனிதர்களை அன்றாட வாழ்வில் இணைத்துவிடுமா என்ற கேள்விக்கு இக்கட்டுரையில் போதிய விடை இல்லை. அதற்கு, தொழில்சார் அமைப்புகள் தேவை என்று அவர் வாதிடும் பகுதியை, தொழிற்பிரிவினை பற்றிய நூலின் 1902-ஆம் ஆண்டுப் பதிப்புக்கு அவர் எழுதிய முன்னுரையில் படியுங்கள்.