கேளுங்கள், சொல்கிறேன்: அண்ணன் சம்பாதித்த காசும் ராணி ராசமணியும்

கேள்வி: எனக்கு 61 வயது. என் வீட்டுக்காரர் செம்பனைக் குலை ஏற்றும் லாரிகள் வைத்திருந்தார். போன வருடம் தவறிவிட்டார், உயில் எழுதவில்லை. மாமனார், மாமியார் முன்பே போய்ச் சேர்ந்துவிட்டார்கள். இரண்டு பெண்களையும் கட்டிக்கொடுத்துவிட்டோம். லாரிகள், இரண்டு கடைவீடுகள், கொஞ்சம் செம்பனை நிலம் இருக்கின்றன. நான் படித்த தோட்டத் தமிழ்ப்பள்ளிக்கு ஏதாவது செய்ய ஆசை. "அண்ணன் ராப்பகலாகச் சம்பாதித்ததை ஊருக்கு வாரி இறைக்கப் போகிறீர்களா அண்ணி?" என்று கொழுந்தனார் வீட்டு வாசலில் நின்று சத்தம் போடுகிறார். என்னைப் போல் தனியாக நின்று யாராவது இப்படிச் செய்திருக்கிறார்களா?
*(பெயர் வேண்டாம் என்ற வாசகி, சுங்கை சிப்புட்)*

பதில்: கொழுந்தனார் பேச்சை முதலில் முடித்துவிடுவோம் அம்மா. உயில் இல்லாமல் இறந்த ஓர் இந்துவின் சொத்தை இங்கே மலேசியாவில் பிரிப்பது 1958-ஆம் ஆண்டின் பங்கீட்டுச் சட்டம். 1997-ல் அதைத் திருத்தினார்கள். கணவரின் பெற்றோர் உயிரோடு இல்லாவிட்டால் மனைவிக்கு மூன்றில் ஒரு பங்கு, பிள்ளைகளுக்கு மூன்றில் இரண்டு பங்கு. மனைவி மக்கள் இருக்கும்போது கூடப்பிறந்தவருக்கு அதில் ஒன்றும் இல்லை. அவருடைய துக்கம் உண்மையாக இருக்கலாம், ஆனால் பங்கு கிடையாது. நீங்களும் உங்கள் பங்கு எது, மகள்கள் பங்கு எது என்று ஒரு வக்கீலை வைத்துப் பிரித்துக்கொள்ளாமல் யாருக்கும் ஒரு காசு வாக்குக் கொடுக்காதீர்கள்.

நீங்கள் கேட்டதற்கு வருகிறேன். இருந்திருக்கிறார் அம்மா, உங்களைப் போலவே பெண்களை மட்டும் பெற்றவர்: வங்காளத்து ராணி ராசமணி. 1793-ல் ஹாலிசகர் பக்கம் ஒரு கிராமத்தில் எளிய குடும்பத்தில் பிறந்து, பதினோரு வயதில் கல்கத்தா ஜான்பஜார் ஜமீன் வீட்டுக்கு வாழ்க்கைப்பட்டார். நான்கு பெண்கள். கணவர் ராஜசந்திர தாஸ் இறந்தபோது, அந்தக் காலத்து வழக்கப்படி மூலையில் உட்கார்ந்து ஜெபமாலை உருட்டியிருக்க வேண்டியவர். பூஜையையும் விடவில்லை, ஜமீன் கணக்கையும் விடவில்லை. மருமகன் மதுர்நாத்தைத் துணைக்கு வைத்துக்கொண்டு தானே நடத்தினார்.

எனக்கு அவரிடம் மிகவும் பிடித்தது மீனவர் விவகாரம். கங்கையில் மீன் பிடிக்கக் கிழக்கிந்தியக் கம்பெனி வரி போட்டது. பிழைப்புப் போன மீனவர்கள் ராசமணியிடம் வந்து அழுதார்கள். ஆளுக்கு ஒரு மூட்டை அரிசி கொடுத்து அனுப்பியிருக்கலாம், அதையும் தர்மம் என்றுதான் ஊர் சொல்லியிருக்கும். அந்த அம்மா என்ன செய்தார் தெரியுமா? பத்தாயிரம் ரூபாய் கட்டி, குசுரியிலிருந்து மெட்டியாபுரூஸ் வரை ஆற்றையே கம்பெனியிடம் குத்தகைக்கு எடுத்தார். பத்திரம் கைக்கு வந்ததும் ஆற்றின் குறுக்கே இரும்புச் சங்கிலியைக் கட்டச் சொன்னார். கப்பல்கள் நின்றுவிட்டன. அதிகாரிகள் ஆள் அனுப்பிக் கேட்டபோது, கப்பல் ஓடினால் மீன் கலைந்துவிடும், பணம் கட்டிய குத்தகைதாரருக்கு நட்டம் என்று பதில் போனது. கம்பெனியால் மறுத்துப் பேச முடியவில்லை. வரி போனது, சங்கிலியும் அவிழ்ந்தது. அழுகிறவனுக்குக் காசு கொடுப்பதோடு நிற்காமல், அவன் ஏன் அழுகிறான் என்று பார்த்து அந்த இடத்தில் காசைப் போட்டார் பாருங்கள், அதைத்தான் நான் தர்மம் என்பேன்.

அப்புறம் கல்கத்தாவுக்குப் பக்கத்தில் இருக்கும் தட்சிணேசுவரம். இருபது ஏக்கர் நிலம் வாங்கி, 1847-ல் தொடங்கி எட்டு ஆண்டுகள் கட்டி, 1855 மே 31-ல் காளி கோயிலுக்குப் பிரதிஷ்டை செய்தார். செலவு சுமார் ஒன்பது லட்சம் ரூபாய். இவ்வளவு செய்தவரின் கோயிலில், அவர் ஜாதியைக் காட்டி, பூஜை செய்யப் பிராமணர்கள் வர மறுத்தார்கள். கோயிலை ஒரு பிராமணர் பெயருக்குக் கொடுத்துவிட்டால் தடையில்லை என்று ராம்குமார் என்ற பண்டிதர் வழி சொன்னார், அவரே அர்ச்சகராகவும் வந்தார். அவருடைய தம்பிதான் பிற்காலத்து ராமகிருஷ்ண பரமஹம்சர்.

கோயிலைக் கட்டியதோடு விட்டிருந்தால் எண்ணெய்க்கும் அரிசிக்கும் யாரையாவது எதிர்பார்த்து நின்றிருக்கும். செலவுக்கு வருமானம் வரத் தினாஜ்பூரில் நிலம் வாங்கி, அதைக் கோயிலுக்கு எழுதிவைக்கும் பத்திரத்தில் 1861 பிப்ரவரி 18-ல் கையெழுத்துப் போட்டார். மறுநாள் உயிர் பிரிந்தது. அப்போது இருந்த இரண்டு மகள்களில் ஜகதம்பா ஒப்புக்கொண்டு கையெழுத்துப் போட்டார். மூத்தவள் பத்மமணி போடவில்லை. சாகும் நேரத்தில் அந்தத் தாயை அரித்தது அதுதான் என்கிறார்கள். நீங்கள் அவ்வளவு தூரம் இழுக்காதீர்கள். தீபாவளிக்கு மகள்கள் வரும்போது உட்காரவைத்துப் பேசுங்கள், திட்டத்தைக் காட்டுங்கள், சம்மதத்தை எழுத்தில் வாங்குங்கள்.

பள்ளிக்கு என்ன செய்வது? வாசலில் வளைவு வேண்டாம், சுவருக்கு மறுபடி சாயமும் வேண்டாம். நான் தோட்டப் பள்ளியில் வேலை பார்த்தவள். காலையில் வருகைப் பதிவேட்டைத் திறந்தால், மாதக் கடைசியில் மட்டும் வராத பிள்ளைகள் சிலர் இருப்பார்கள். காய்ச்சல் என்று கடிதம் வரும். உண்மையில் வேன் காசு கட்டியிருக்க மாட்டார்கள். தோட்டத்தை விற்று, தொழிலாளிகள் இருந்த லயத்து வீடுகளை இடித்துவிட்டார்கள், சனங்கள் தாமான் என்கிற குடியிருப்புகளுக்குப் போய்விட்டார்கள். பள்ளி மட்டும் செம்பனைக்கு நடுவே நிற்கிறது. வேன் வராவிட்டால் பிள்ளை வராது, பிள்ளை குறைந்தால் பள்ளியே நிற்காது. உங்கள் கடைவீடு ஒன்றின் வாடகையை வேனுக்கு என்று ஒதுக்குங்கள். பெற்றோர் ஆசிரியர் சங்கம் வழியாக, ரசீதோடு, மாதாமாதம் வேன்காரருக்கே போகட்டும். கடைவீட்டை விற்காதீர்கள். லாரித் தொழில் நடத்தியவர் மனைவிக்கு டயரும் டீசலும் என்ன செலவு வைக்கும் என்று நான் சொல்லவா வேண்டும்!

கேள்வி: எங்கள் தோட்டக் கோயில் கும்பாபிஷேகத்துக்கும் கேட்கிறார்கள், பள்ளி மண்டபத்துக்கும் கேட்கிறார்கள். எதற்குக் கொடுப்பது?
*(ஒரு வாசகர், பீடோர்)*

பதில்: இரண்டு இடத்திலும் ஒரே கேள்வியைக் கேளுங்கள் ஐயா: நிலம் யார் பெயரில் இருக்கிறது? தோட்டக் கோயில்கள் பல கம்பெனி நிலத்தில் நிற்கின்றன. தோட்டம் கை மாறினால் கோயிலை எடு என்று கடிதம் வரும். பள்ளிகளிலும் அப்படித்தான், அரசின் பகுதி உதவி பெறும் தமிழ்ப்பள்ளிகள் நிறைய அடுத்தவர் நிலத்தில் இருக்கின்றன. பத்திரத்தைக் காட்டினால் கொடுங்கள். காட்டாவிட்டால் முதல் நன்கொடை அந்த நிலத்தை எழுதி வாங்கும் வக்கீல் செலவுக்குப் போகட்டும். வருமான வரிக் கழிவு வேண்டுமானால், அந்த அமைப்புக்கு வருமான வரிச் சட்டத்தின் 44(6) பிரிவில் அனுமதி உண்டா என்றும் பாருங்கள்.

கேள்வி: வள்ளல்கள் கதை கேட்க நன்றாக இருக்கிறது. தொழிற்சாலையில் வேலை செய்யும் நான் என்ன கொடுக்க முடியும்?
*(ஒரு வாசகி, சுங்கை சிப்புட்)*

பதில்: மகளே, ம.இ.கா. கட்சித் தலைவராகவும் அமைச்சராகவும் இருந்த துன் சம்பந்தன் உன் ஊர்க்காரர்தான். முதலாளிகள் தோட்டங்களைத் துண்டு போட்டு விற்றுத் தொழிலாளிகளைத் தெருவில் விட்டபோது, 1960-ல் அவர் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கினார். தோட்டம் தோட்டமாகப் போய்ப் ரப்பர் பால் மரம் வெட்டியவர்களிடம் பத்துப் பத்து வெள்ளியாகச் சேர்த்தார்கள். அந்தக் காசில் தோட்டங்களையே வாங்கினார்கள். உன்னோடு வேலை செய்கிற நான்கு பேரைச் சேர்த்துக்கொள், ஐந்து பேருமாக ஒரு பிள்ளையின் வேன் காசை ஏற்றுக்கொள்ளுங்கள். எந்தப் பிள்ளை என்று பள்ளித் தலைமையாசிரியரைக் கேட்டால் உடனே சொல்லிவிடுவார்.