பாலக் மட்டன்: கீரை கறுக்காமல், கறி ரப்பராகாமல்

கேள்வி: வெளியே சாப்பிட்ட பாலக் மட்டன் ரொம்பப் பிடித்துப்போய் வீட்டில் இரண்டு முறை செய்து பார்த்தேன். மட்டன், வெங்காயம், மூன்று தக்காளி, பச்சையாக அரைத்த பாலக் எல்லாவற்றையும் குக்கரில் ஒன்றாகப் போட்டேன். கீரை வீணாகிவிடுமோ என்று பயந்து மூன்றே விசிலில் அடுப்பை நிறுத்தினேன். இரண்டு முறையும் கீரை பாசி நிறத்துக்குப் போய்விட்டது. கறியைக் கடிக்க முடியவில்லை, குழம்பும் தண்ணீராக நின்றது. சாப்பிட்டு முடித்ததும் பல்லில் சுண்ணாம்பு தடவியது போல ஒரு பிடிப்பு வேறு. எங்கே தவறுகிறேன்?

பதில்: நீங்கள் எழுதியிருக்கும் அந்த மூன்று விசிலில்தான் கோளாறு. கீரைக்கு அது மிக அதிகம், கறிக்கு மிகக் குறைவு. பச்சை மாறாத பாலக்கும் நன்றாக வெந்த மட்டனும் ஒரே பாத்திரத்தில், ஒரே நேரத்தில் உருவாகவே முடியாது. கறிக்கு வேண்டியது முக்கால் மணி நேரத்துக்கு மேல், கீரைக்கு வேண்டியது ஒரு நிமிடம். இரண்டையும் தனித்தனியாகத் தயார் செய்து கடைசியில் சேர்த்துவிட்டால் நீங்கள் சொன்ன நாலு குறையும் ஒன்றாகப் போய்விடும்.

முதலில் கறி. மட்டன் சூடு ஏறியதும் இளகும் என்றுதான் நாம் நினைக்கிறோம். உண்மையில் அது முதலில் இறுகும், அப்புறம்தான் இளகும். தசை நார்கள் சூட்டில் சுருங்கித் தம்மிடம் இருக்கும் சாற்றைப் பிழிந்து வெளியே விட்டுவிடும். அந்தக் கட்டத்தில் எடுத்துக் கடித்தால் ரப்பர்தான். அதற்குப் பிறகும் விடாமல் வெந்தால், நார்களைக் கட்டிப்போட்டிருக்கும் கொலாஜன் என்ற வெள்ளைச் சவ்வு மெதுவாகக் கரைந்து ஜெலட்டினாக மாறும். ஆட்டுக்கால் பாயா ஆறியதும் உதட்டில் ஒட்டுகிறதே, அந்தப் பிசுபிசுப்பு இதனால் வருவதுதான். நீங்கள் இறுகிய கட்டத்திலேயே நிறுத்திவிட்டீர்கள்.

கடையிலேயே பாதி வேலை முடிந்துவிடும். தொடைக்கறி எலும்பில்லாமல் வேண்டும் என்று கேட்காதீர்கள். இந்தக் குழம்புக்கு முன்னங்கால் சப்பை, கொஞ்சம் நெஞ்சு, இரண்டு நல்லி எலும்பு என்று கேளுங்கள். சவ்வும் எலும்பும் இருந்தால்தான் குழம்புக்கு உடம்பு வரும், வெறும் சதை நீண்ட நேரம் வெந்தால் திப்பியாகிவிடும். இன்னொன்று, ஞாயிற்றுக்கிழமை காலை வெட்டிய கறியை ஒரு மணி நேரத்தில் அடுப்பில் ஏற்றுவது நம் வழக்கம். வெட்டிய சில மணி நேரத்தில் தசை விறைத்துக்கொள்ளும், ஒரு நாள் ஃபிரிட்ஜில் இருந்தால் அந்த விறைப்பு தளரும். முடிந்தால் முதல் நாளே வாங்கி, உப்பும் கொஞ்சம் இஞ்சி பூண்டு விழுதும் தடவி மூடி வைத்துவிடுங்கள். வித்தியாசம் வாயில் தெரியும்.

சரி, இப்போது கீரை. இலையின் பச்சையத்துக்கு நடுவில் ஒரு மெக்னீசியம் அணு உட்கார்ந்திருக்கிறது. சூடும் புளிப்பும் சேர்ந்து வந்தால் அது கழன்றுபோய், அந்த இடத்துக்கு ஹைட்ரஜன் வந்துவிடும். பளிச்சென்ற பச்சை பாசி நிறமாவது இப்படித்தான். உங்கள் குக்கரில் இரண்டும் நிறைய இருந்தன. மூன்று தக்காளியின் புளிப்பு ஒரு பக்கம். இலையிலேயே இருக்கும் அமிலங்கள், மூடி திறந்திருந்தால் ஓரளவு ஆவியோடு போயிருக்கும்; மூடிய குக்கரில் அவையும் உள்ளேயே சுற்றிக்கொண்டிருந்தன. குக்கருக்குள் சூடு 120 டிகிரி செல்சியஸை ஒட்டிப் போகும், அங்கே எந்தக் கீரையும் நிறம் காக்காது. தண்ணீராக நின்றதற்கும் கீரைதான் காரணம். பாலக்கில் நூற்றுக்குத் தொண்ணூறு பங்குக்கு மேல் தண்ணீர். குக்கரில் அது போக வழியில்லை.

வாங்கும்போது ஒரு விஷயம் கவனியுங்கள். பாலக்கைப் பசலை என்று கேட்டால் சில இடங்களில் கொடிப்பசலையைக் கொடுத்துவிடுவார்கள். தடித்த, பளபளப்பான இலை, நசுக்கினால் வழவழக்கும். கூட்டுக்கு அது நல்ல கீரை, இந்தக் குழம்பில் கொழகொழவென்று ஆகிவிடும். பாலக் என்றே கேட்டு வாங்குங்கள். அரைக் கிலோ மட்டனுக்குச் சுத்தம் செய்த இலை 400 கிராம் வேண்டும், கட்டின் அளவைப் பார்த்து இரண்டோ மூன்றோ வாங்கலாம். முற்றிய தண்டைக் கிள்ளி எறிந்துவிட்டு, பெரிய பாத்திரத்தில் தண்ணீர் நிறைய ஊற்றி இலையை முக்கி, கையால் அள்ளி எடுங்கள். வடிகட்டியில் கவிழ்த்தால் அடியில் தங்கிய மண் மறுபடியும் இலை மேலேயே விழும். மூன்று தண்ணீர் மாற்றுங்கள். மண் நறநறத்தால் மற்ற உழைப்பெல்லாம் வீண்.

மூன்று லிட்டர் தண்ணீர் தளதளவென்று கொதிக்கும்போது ஒரு மேசைக்கரண்டி உப்பு போட்டு, இலையைப் போட்டு அழுத்துங்கள். மூட வேண்டாம். சில நொடிகளில் இலையின் பச்சை திடீரென்று கூடும். இலைக்குள் இருந்த காற்று வெளியேறி, அதுவரை மங்கலாகத் தெரிந்த நிறம் தெளிந்து வருவதுதான் அது. அந்த நிறத்தைத்தான் நாம் பிடித்து வைக்க வேண்டும். ஒரு நிமிடம் ஆனதும் எடுத்து ஐஸ் போட்ட தண்ணீரில் முக்குங்கள். தண்ணீர் குறைவாக இருந்தால் இலை விழுந்ததும் கொதி அடங்கிவிடும், மறுபடி கொதிப்பதற்குள் நிறம் மாறிவிடும். அதனால்தான் மூன்று லிட்டர் என்கிறேன். ஆறிய இலையை இரண்டு கையாலும் பிழிந்தால் 400 கிராம் கீரை ஒரு சாத்துக்குடி அளவு உருண்டையாகச் சுருங்கிவிடும். அதோடு மூன்று பச்சை மிளகாய் சேர்த்து, தண்ணீர் விடாமல் மிக்ஸியை விட்டு விட்டு ஓட்டிக் கொரகொரப்பாக அரையுங்கள். மை போல அரைத்தால் குழந்தைக்குக் கொடுக்கும் கூழ் மாதிரி ஆகிவிடும். கால் பங்கு கீரையை அரைக்காமல் கத்தியால் பொடியாக நறுக்கிச் சேர்ப்பது என் பழக்கம்.

கீரை வெந்த தண்ணீரைக் கொட்டலாமா, சத்து போய்விடாதா என்று கேட்பீர்கள். முருங்கைக்கீரையை வேகவைத்து வடித்தால் எனக்கும் மனசு கேட்காது. பாலக் கதை வேறு. அதில் ஆக்ஸாலிக் அமிலம் அதிகம். பல்லில் சுண்ணாம்பு போல உணர்ந்தீர்களே, அது உமிழ்நீரில் இருக்கும் கால்சியத்தோடு இந்த அமிலம் சேர்ந்து உண்டாகும் மெல்லிய படிவம்தான். அமிலத்தின் கரையக்கூடிய பகுதி கொதிதண்ணீரில் இறங்கிவிடும். கூடவே கொஞ்சம் வைட்டமின் சி போகும், அதைப் பரிமாறும்போது எலுமிச்சை பிழிந்து ஈடுகட்டலாம். கால்சியம் ஆக்ஸலேட் வகைச் சிறுநீரகக் கல் வந்தவர்கள் வடித்த பிறகும் அளவோடு சாப்பிடுவதே நல்லது. இரத்தம் உறையாமல் இருக்க வார்ஃபரின் மாத்திரை எடுப்பவர்கள் வீட்டில் இருந்தால், பாலக்கில் வைட்டமின் கே மிகுதி என்பதால், திடீரென்று அளவைக் கூட்டாமல் மருத்துவரிடம் ஒரு வார்த்தை கேட்டுக்கொள்ளுங்கள்.

சிலர் பச்சை நிறம் நிற்க ஆப்ப சோடா ஒரு சிட்டிகை போடச் சொல்வார்கள். நிறம் நிற்கும், உண்மைதான். ஆனால் இலை கூழாகும், வைட்டமின் பி1 சிதையும், கொஞ்சம் கூடினாலும் சோப்பு வாடை அடிக்கும். தயவுசெய்து வேண்டாம்.

மசாலாவுக்கு வருவோம். மூன்று மேசைக்கரண்டி எண்ணெயும் ஒரு கரண்டி நெய்யும் காய்ந்ததும் ஒரு தேக்கரண்டி சீரகம், ஒரு பிரிஞ்சி இலை, ஒரு பெரிய ஏலக்காய், சின்னத் துண்டுப் பட்டை, நாலு கிராம்பு. இரண்டு பெரிய வெங்காயத்தை மெல்லியதாக நறுக்கிப் போட்டு, நல்ல பொன்னிறம் வரும்வரை வதக்குங்கள். பன்னிரண்டு, பதினைந்து நிமிடம் ஆகும். இங்கே பொறுமை இழப்பவர்கள்தான் அதிகம். இஞ்சி பூண்டு விழுது ஒன்றரை மேசைக்கரண்டி போட்டுப் பச்சை வாசனை போனதும் கறியைச் சேர்த்துத் தீயைக் கூட்டுங்கள். கறி தண்ணீர் விடும், அந்தத் தண்ணீர் முழுக்க வற்ற வேண்டும். வற்றியதும் சடசடவென்று சத்தம் மாறும். அப்போது மஞ்சள் தூள் அரைத் தேக்கரண்டி, மல்லித்தூள் இரண்டு தேக்கரண்டி, உப்பு. மிளகாய்த்தூளை அரைத் தேக்கரண்டியோடு நிறுத்திக்கொள்ளுங்கள். சிவப்பும் பச்சையும் கலந்தால் மண் நிறம்தான் வரும். காரத்துக்குக் கீரையோடு அரைத்த பச்சை மிளகாய் இருக்கிறது.

தக்காளிக்குப் பதில் மூன்று மேசைக்கரண்டி தயிர் போதும். புளிக்காத தயிராக, ஃபிரிட்ஜிலிருந்து முன்பே எடுத்து வைத்ததாக இருக்கட்டும். தீயைத் தணித்து, நன்றாகக் கடைந்த தயிரை ஒவ்வொரு கரண்டியாக விட்டுக் கிளறினால் திரியாது. தயிரில் இருக்கும் கால்சியம், கீரையில் மிச்சமிருக்கும் ஆக்ஸாலிக் அமிலத்தைப் பிடித்துக்கொள்ளும் என்பது கூடுதல் லாபம். எண்ணெய் பிரியும்வரை வதக்குவது என்று எல்லோரும் எழுதுகிறோம், அது எப்படி இருக்கும் என்று சொல்வதில்லை. மசாலா சட்டியின் ஓரத்தை விட்டு நடுவுக்கு ஒதுங்கும், அதன் மேல் சின்னச் சின்னக் குழிகள் விழும், கரண்டியால் ஒரு கோடு இழுத்தால் அந்தக் கோட்டில் எண்ணெய் வந்து நிற்கும். அதுதான் பதம்.

இப்போது குக்கர். முக்கால் கப் வெந்நீர் ஊற்றி மூடி, முதல் விசில் வந்ததும் தீயைக் குறைத்து இளங்கறி என்றால் 20 நிமிடம், முற்றிய கறி என்றால் 30 நிமிடம். விசிலை எண்ணாதீர்கள், ஒவ்வொரு குக்கருக்கும் ஒரு கணக்கு. ஆவி தானாக அடங்கட்டும். திறந்து ஒரு துண்டை விரலால் அழுத்திப் பாருங்கள், எலும்பை விட்டுக் கறி விலக வேண்டும். விலகவில்லை என்றால் கூச்சப்படாமல் இன்னொரு பத்து நிமிடம் வையுங்கள். கீரை இன்னும் உள்ளே போகவில்லை, எந்தப் பயமும் இல்லை.

வெந்த கறியை அகலமான சட்டிக்கு மாற்றி, குழம்பு கறியில் ஒட்டுகிற அளவுக்குச் சுண்டும்வரை திறந்தே கொதிக்க விடுங்கள். கீரையை இரும்புச் சட்டியில் போட்டால் கறுக்கும், எவர்சில்வர் நல்லது. சுண்டிய பிறகு அரைத்த கீரையைக் கொட்டிக் கிளறி, மூடாமல் ஐந்து நிமிடம். உள்ளங்கையில் கசக்கிய கசூரி மேத்தி ஒரு தேக்கரண்டி, கரம் மசாலா அரைத் தேக்கரண்டி, அவ்வளவுதான். மேத்தி கூடினால் கசக்கும். கிரீம் வேண்டுமானால் ஒரு கரண்டி, நான் போடுவதில்லை. எலுமிச்சையைச் சட்டியில் பிழியாதீர்கள், தட்டில் பிழியுங்கள்.

இவ்வளவும் உங்களுக்குப் பிடித்த அந்தப் பச்சைப் பாலக் மட்டனுக்காகச் சொன்னது. ஆனால் பச்சையாக இருந்தால்தான் இந்தக் குழம்பு சரி என்று நினைக்க வேண்டாம். வடக்கே சாக் என்பது பாலக்கை மட்டும் குறிக்கும் சொல் இல்லை, கடுகுக்கீரை உட்படப் பல கீரைகளுக்கும் அதுதான் பெயர். அங்கே பல வீடுகளில் சாக் கோஷ்த், அதாவது கீரையும் கறியும் சேர்ந்த குழம்பு, கரும்பச்சையாகத்தான் இருக்கும். கறி முக்கால் பதம் வெந்ததும், நறுக்கிய கீரையைப் போட்டு, மூடாமல் சிறு தீயில் அரை மணி நேரத்துக்கு மேல் சுண்ட விடுவார்கள். கீரை கறியோடு கரைந்து எண்ணெய் மேலே மிதக்கும்போது இறக்குவது. நிறம் போனாலும் ருசி ஆழமாக இறங்கியிருக்கும். ஆந்திரத்துக் கோங்குரா மாம்சமும் அப்படித்தான், புளிச்சக்கீரையின் புளிப்பில் பச்சை நிற்க வாய்ப்பே இல்லை, அதை யாரும் குறையாக நினைப்பதும் இல்லை. உங்களுக்கு வேலை குறைய வேண்டும் என்றால் இந்த வழியையே எடுத்துக்கொள்ளலாம், அப்போது தக்காளியும் தாராளமாகப் போடலாம். பச்சையும் இல்லாமல், சுண்டவும் செய்யாமல் நடுவில் நிறுத்துவதுதான் ருசியைக் கெடுக்கிறது.

சிக்கனில் செய்வதானால் எலும்போடு தொடைத் துண்டுகள், குக்கர் தேவையில்லை, மூடி வைத்து 20, 25 நிமிடம் போதும். கீரை சேர்க்கும் முறை அதேதான்.

மிச்சமானால் அடுப்பு மேலேயே விட்டுவிடாதீர்கள். ஆழமில்லாத பாத்திரத்தில் பரப்பி, இரண்டு மணி நேரத்துக்குள் ஃபிரிட்ஜுக்குப் போய்விட வேண்டும். மறுநாள் நன்றாகக் கொதிக்கவைத்துச் சாப்பிடலாம், நிறம் மட்டும் மங்கியிருக்கும். விருந்து என்றால் சனிக்கிழமை இரவே கறியை முழுதாக வேகவைத்துச் சுண்ட வைத்து ஃபிரிட்ஜில் வைத்துவிடுங்கள். கீரை விழுது தனி டப்பாவில் இருக்கட்டும். வந்தவர்கள் கை கழுவி உட்காரும் நேரத்தில் கறியைக் கொதிக்கவிட்டுக் கீரையைக் கலந்து, ஐந்து நிமிடத்தில் இறக்கிவிடலாம்.