தமிழ் வழியில் படித்த மகள் மில்டனிடம் திணறினால்: ஒரு தாய்க்கு ஆலோசனை

வணக்கம் அம்மா. பன்னிரண்டாம் வகுப்பு வரை தமிழ் வழியில் படித்த மகள், பி.ஏ. ஆங்கில இலக்கியம் இரண்டாம் ஆண்டில் மில்டனையும் ஷேக்ஸ்பியரையும் திறந்தாலே திணறுகிறார், ஸ்போக்கன் இங்கிலீஷ் வகுப்பில் சேர்க்கட்டுமா என்று கேட்டிருக்கிறீர்கள். இந்தத் திணறலுக்கு அந்த வகுப்பு மருந்தாகாது. பேசப் பழகுவது வேறு, பழைய செய்யுளின் வாக்கியத்தைப் பிரித்துப் படிப்பது வேறு. இப்போது தேவை இரண்டாவது. அதற்குப் பணம் வேண்டாம். தினம் அரை மணி நேரம் ஒதுக்கினால் போதும்.

சிக்கல் எங்கே இருக்கிறது என்று பாருங்கள். 'கீரி பாம்பைக் கடித்தது' என்றாலும் 'பாம்பைக் கீரி கடித்தது' என்றாலும் நமக்குக் குழப்பம் இல்லை. 'ஐ' உருபு காப்பாற்றிவிடுகிறது. ஆங்கிலப் பெயர்ச்சொற்களில் அப்படிப்பட்ட உருபுகள் இடைக்காலத்திலேயே தேய்ந்துவிட்டன. எது எழுவாய், எது செயப்படுபொருள் என்பதைச் சொல் நிற்கும் இடம்தான் சொல்கிறது. கவிஞர் அந்த இடத்தையே மாற்றிவிட்டால் படிப்பவருக்குப் பிடி கிடைப்பதில்லை. 1751இல் வெளியான, ஆங்கிலக் கவிஞர் தாமஸ் கிரேயின் இரங்கற்பாவில் 'அண்ட் ஆல் தி ஏர் எ சாலம் ஸ்டில்னஸ் ஹோல்ட்ஸ்' என்று ஒரு வரி உண்டு. காற்று அமைதியைப் பிடித்திருக்கிறதா, அமைதி காற்றைப் பிடித்திருக்கிறதா? இலக்கணப்படி இரண்டும் பொருந்தும். தேர்வில் இந்த வரி வந்தால் ஒன்றை மட்டும் எழுதி மற்றதை விட்டுவிடக் கூடாது. இரண்டையும் காட்டுவதுதான் நல்ல விடை.

பயிற்சிக்கு ஒரு நாளைக்குப் பத்து வரி போதும். கையில் பென்சில் இருக்கட்டும். முதலில், வரி முடிகிற இடத்தில் நிற்காமல் முற்றுப்புள்ளியோ அரைப்புள்ளியோ வரும்வரை தொடர்ந்து வாசிக்க வேண்டும். வரி முடிந்தால் வாக்கியமும் முடிந்தது என்று எண்ணுவதால்தான் பல பிள்ளைகள் தடுமாறுகிறார்கள். அடுத்து ஹூ, ஹூஸ், விச், வென், டில் போன்ற சொற்களில் தொடங்கும் துணை வாக்கியங்களை அடைப்புக்குறிக்குள் ஒதுக்க வேண்டும். மிச்சத்தில் முதன்மை வினையைத் தேடிக் கட்டம் கட்டிய பிறகே எழுவாயைத் தேட வேண்டும், அதன்பின் செயப்படுபொருளை. ஹி–ஹிம், தௌ–தீ ('நீ–உன்னை' என்பதற்கான பழைய சொற்கள்) போன்றவை வேற்றுமைக்கு ஏற்ப வடிவம் மாறுபவை. அவை இருந்தால் அங்கிருந்தே தொடங்கலாம். வினை 'எஸ்ட்' என்று முடிந்தால் எழுவாய் பெரும்பாலும் 'தௌ'.

1667இல் வந்த மில்டனின் 'பாரடைஸ் லாஸ்ட்' தொடக்கத்தில் இதைச் செய்து பார்க்கச் சொல்லுங்கள். 'ஆஃப் மேன்ஸ் ஃபர்ஸ்ட் டிஸ்ஒபீடியன்ஸ்' என்று ஆரம்பிக்கிறது. முதன்மை வினையான 'சிங்' ஆறாவது வரியில்தான் வருகிறது. நடுவே 'பிராட்', 'ரெஸ்டோர்', 'ரிகெய்ன்' என மூன்று வினைகள் உண்டு. அவற்றில் ஒன்றை முதன்மை வினை என்று பிடித்துக்கொண்டால் வாக்கியமே சிதறிவிடும். 'ஹூஸ்', 'டில்' பகுதிகளை முன்பே அடைப்புக்குள் போட்டிருந்தால் அந்த மூன்றும் தாமே ஒதுங்கிவிடும். மிஞ்சும் பொருள்: மனிதனின் முதல் கீழ்ப்படியாமையைப் பற்றிப் பாடு, விண்ணுலகத் தேவியே. வினையைப் பின்னால் தள்ளி வைப்பது தமிழ்ப் பிள்ளைகளுக்குப் பழகிய வரிசைதான். செய்யுளில் சிதறி நிற்கும் சொற்களைப் பொருளுக்கேற்பக் கூட்டிப் படிக்கும் கொண்டுகூட்டுப் பொருள்கோளை மகள் பள்ளித் தமிழில் படித்திருப்பார். இதுவும் கிட்டத்தட்ட அதே வேலை. தமிழ் வழியில் படித்தது இந்த இடத்தில் குறையல்ல, கைமுதல்.

உரைநடை வரிசையில் எழுதிவிட்டு அத்தோடு நிறுத்திவிடக் கூடாது. கவிஞர் எந்தச் சொல்லை முதலில் வைத்தார், எதை வரியின் கடைசியில் வைத்தார், ஏன் என்று இரண்டு வாக்கியமாவது எழுத வேண்டும். மதிப்பெண் அங்கேதான் இருக்கிறது. எல்லா மாற்றத்துக்கும் 'ரைமுக்காக' என்று எழுதுவது பரவலான தவறு. கிரேயின் 'ஹோல்ட்ஸ்' பின்னால் வரும் 'ஃபோல்ட்ஸ்' என்பதோடு ரைம் ஆகிறது, அங்கே அது பொருந்தும். 'பாரடைஸ் லாஸ்ட்' ரைம் இல்லாத செய்யுள். அங்கே அந்த விடை செல்லாது. இன்னொன்று: ஷேக்ஸ்பியரில் 'ஐ நோ நாட்' (எனக்குத் தெரியாது) என்று வந்தால் அது கவிதைக்காகச் செய்த மாற்றம் அல்ல. 'டு' (do) துணைவினை அப்போது இன்னும் நிலைபெறவில்லை. 'ஐ நோ நாட்', 'ஐ டு நாட் நோ' என்ற இரண்டு வழக்கும் ஒன்றாகப் புழங்கின. அன்றைய சாதாரண இலக்கணத்தைக் கவிஞரின் உத்தி என்று எழுதினால் திருத்துபவர் உடனே கண்டுபிடித்துவிடுவார். கைடுகளை முழுவதும் ஒதுக்க வேண்டியதில்லை, ஆனால் வாக்கியத்தைத் தானே பிரித்த பிறகுதான் புரட்ட வேண்டும். சுருக்கத்தை முதலில் படித்துவிட்டால் மூளை இலக்கணத்தைத் தேடாது.

இதனால் வேலை கிடைக்குமா என்ற உங்கள் கவலை நியாயமானது. கல்லூரி ஆசிரியர் பணிக்கான யுஜிசி நெட் தேர்வில் முதல் தாள் 50 கேள்வி, 100 மதிப்பெண். பாடத்தாள் 100 கேள்வி, 200 மதிப்பெண். இரண்டுக்கும் சேர்த்து மூன்று மணி நேரம், நெகட்டிவ் மார்க் கிடையாது. ஆங்கிலப் பாடத்தாளில் மொழி பற்றித் தனி அலகே உண்டு. உயர்கல்விச் சேர்க்கைக்கான கேட் (GATE) தேர்விலும் 2021 முதல் மனிதவியல் தாளின் கீழ் ஆங்கிலம் இருக்கிறது. இளங்கலை மூன்றாம் ஆண்டிலேயே எழுதலாம். ஆசிரியர் வேலை வேண்டாம் என்றால், சென்னையில் வெளிநாட்டு ஆய்விதழ்களுக்குக் காப்பி எடிட்டிங் செய்யும் நிறுவனங்கள் பல உள்ளன. நீண்ட வாக்கியத்தில் எழுவாய்க்கும் வினைக்கும் பொருத்தம் இருக்கிறதா, அடைமொழி எந்தச் சொல்லோடு சேர்கிறது என்று பார்ப்பதே அங்கே அன்றாட வேலை. மேலே சொன்ன பயிற்சி நேராக அதற்குக் கைகொடுக்கும்.

நெட் பயிற்சி மையத்துக்கு இப்போதே கட்டணம் கட்டாதீர்கள். அதில் ஆசிரியர் பணிக்கான தகுதி பெற முதுகலை வேண்டும், அதிலும் பொதுப் பிரிவினருக்கு 55 சதவீதம், இதர பிற்படுத்தப்பட்டோர் (கிரீமி லேயர் அல்லாதவர்), பட்டியலினத்தோர், பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகளுக்கு 50 சதவீதம் தேவை. எம்.ஏ. விண்ணப்பிக்கும்போது கல்லூரியின் பெயரை மட்டும் பார்க்காமல் பாடத்திட்டத்தை வாங்கிப் படியுங்கள். மொழியியலும் நடையியலும் (எழுத்து நடையை ஆராயும் துறை) தனித் தாள்களாக இருக்கும் துறை எதுவோ, அதற்கு முன்னுரிமை கொடுங்கள்.